தன்னைத் தானே பெற்ற பிள்ளை

குலசேகரன்பட்டினத்தில் ராக்கெட் தளத்திற்கு 2024 பிப்ரவரி 28-ல் அடிக்கல் நாட்டியது முதல், திருச்செந்தூர்ப் பக்கத்தில் அதைப்பற்றிப் பேசாத டீக்கடை இல்லை. பேசட்டும். ஆனால் அந்தப் பேச்சினூடே படித்த கனவான்கள் சிலர் புதிய சரக்கு ஒன்றையும் விற்கிறார்கள். அதாவது, ஒரு காரியமே தனக்குக் காரணமாகவும் இருக்கலாம் என்று மேனாட்டு விஞ்ஞானிகளே ஒப்புக்கொண்டுவிட்டார்களாம். ஆகவே ஊழ்வினையும், முற்பிறப்பும், நாடி ஜோசியமும் சயன்ஸ்படியே ருஜுவாகிவிட்டனவாம். படியாதவன் சொன்னால் சிரித்துவிட்டுப் போகலாம். படித்தவன் சொல்லுவதால் கொஞ்சம் விவரமாகவே கவனிக்க வேண்டியிருக்கிறது.

அந்தச் சித்தாந்தம் இன்னதென்று முதலில் பார்ப்போம். 1949-ல் கர்ட் கோடல் என்னும் கணித நிபுணர், ஐன்ஸ்டீனுடைய சமன்பாடுகளை எடுத்துக்கொண்டு, பிரபஞ்சம் முழுவதும் சுழன்றுகொண்டிருப்பதாக வைத்துக் கணக்குப் போட்டார். அப்படியானால் ஒருவன் முன்னோக்கியே போய்த் தன்னுடைய பழைய நாளுக்கே வந்து சேரலாம் என்று விடை வந்தது. பின்னர் ரஷியாவின் நோவிகோவ் என்பவர், அத்தகைய சுழலுக்குள் எது நடந்தாலும் முன்னுக்குப்பின் முரணில்லாமல்தான் நடக்கமுடியும் என்றார். ஒரு கோலிக்குண்டு குழியில் விழுகிறது. விழுந்த நேரத்திற்கு முந்திய நேரத்தில் வெளியே வருகிறது. வந்து தன்னையே இடிக்கிறது. அந்த இடியினாலேயே குழியில் விழுகிறது. விழுந்தது ஏன்? இடித்ததனால். இடித்தது ஏன்? விழுந்ததனால். கேட்க வேடிக்கையாகத்தான் இருக்கிறது.

ஆனால் இது கணக்கே ஒழியக் கண்ட சங்கதி அல்ல. வானத்தை அளந்து பார்த்தவர்கள் பிரபஞ்சம் கோடல் சொன்னபடி சுழல்வதாகக் காணவில்லை. 1992-ல் ஹாக்கிங், இயற்கை விதிகளே இம்மாதிரிச் சுழலை உண்டாகவொட்டாமல் தடுத்துவிடும் என்று ஓர் ஊகம் வெளியிட்டார். அதோடு நில்லாமல் 2009 ஜூன் 28-ல் கேம்பிரிட்ஜில், வருங்காலத்திலிருந்து திரும்பி வரக்கூடியவர்களுக்கென்று ஒரு விருந்து வைத்தார். விருந்து முடிந்த பிறகுதான் அழைப்பையே வெளியிட்டார்! காலத்தில் பின்னோக்கி வரத் தெரிந்தவன் அழைப்பைப் பார்த்துவிட்டு வந்திருக்கலாமல்லவா? ஒருவரும் வரவில்லை. விளையாட்டாகச் செய்ததுதான், என்றாலும் பரீட்சை பரீட்சைதானே.

இந்த ஊகத்தை எடுத்துக்கொண்டு நம்மவர்கள் என்ன செய்கிறார்கள்? இந்தப் பிறப்பில் ஒருவன் தாழ்ந்திருப்பது ஏன் என்றால் போன பிறப்பின் வினை என்கிறார்கள். போன பிறப்பில் அந்த வினையைச் செய்தது ஏன் என்றால் அதற்கு முந்திய பிறப்பின் வினை. அதற்கும் முன்னே? வித்தும் மரமும் போல அநாதி. அநாதி என்றால் தமிழில் “இதற்குமேல் கேட்காதே” என்று அர்த்தம். வித்தும் மரமும் என்பதாவது சரியா என்றால் அதுவும் இல்லை. மரத்தைத் தந்த வித்து வேறு, மரம் தந்த வித்து வேறு. எந்த வித்தும் தன்னைத் தானே பெற்றதில்லை.

நிற்க, காரியமே காரணமாகும் சுழல் நம் நாட்டில் நிஜமாகவே ஒன்று உண்டு. தாமிரபரணிக் கரைக்குப் போய்ப் பார்க்கலாம். சேரன்மாதேவியில் வ.வே.சு. ஐயர் நடத்திய குருகுலத்தில், பொதுமக்கள் பணத்தில், பார்ப்பனப் பிள்ளைகளுக்குத் தனியே சாப்பாடு போடப்பட்டது. 1925-ல் அது தமிழ்நாடெங்கும் கிளர்ச்சியாயிற்று. தனியே உட்கார வைப்பது ஏன்? மற்றவன் தாழ்ந்தவனாகையால். அவன் தாழ்ந்தவன் என்பது எதனால் தெரியும்? தனியே உட்கார வைத்திருப்பதனால்! படிக்கக் கூடாதென்று வைத்தான், படிப்பில்லாமல் போயிற்று. படிப்பில்லையென்று சொல்லி உத்தியோகம் இல்லை என்றான். இது கோடலின் பிரபஞ்சத்தில் உண்டான சுழல் அல்ல. மனிதன் கையால் கட்டிய சுழல். ஆகையால்தான் மனிதன் கையாலேயே அதை அறுக்கவும் முடிந்தது. குருகுலக் கிளர்ச்சியும், 1921 முதல் வந்த வகுப்புவாரி உத்தரவுகளும் அந்த வேலையைத்தான் செய்தன. ஊழென்று எல்லோரும் உட்கார்ந்திருந்தால் இன்றைக்கும் இரண்டு பந்திதான்.

மறுபடியும் குலசேகரன்பட்டினத்துக்கே வருவோம். அங்கே தளம் வைப்பானேன்? ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து தெற்கே விடும் ராக்கெட் இலங்கையின் மேல் பறக்கலாகாது, வளைந்து போகவேண்டும், அதற்கு எரிபொருள் வீணாகும், சிறிய ராக்கெட்டுக்கு அந்த நஷ்டம் தாங்காது. குலசேகரன்பட்டினத்திற்குத் தெற்கே திறந்த கடல். இவ்வளவுதான் காரணம். இதற்கு அகத்தியர் ஓலை வேண்டியதில்லை.

அந்தச் சிறிய ராக்கெட் 2022 ஆகஸ்ட் 7-ல் ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து முதன்முறை ஏறியபோது தோற்றது. இரண்டாம் அடுக்கு பிரிந்தபோது உண்டான அதிர்ச்சியில், வேகமாறுதலை அளக்கும் கருவிகள் பழுதாகிவிட்டதாகக் கம்ப்யூட்டர் தப்பாக எண்ணிக்கொண்டது என்று கண்டுபிடித்தார்கள். பிரிக்கும் முறையை மாற்றினார்கள். 2023 பிப்ரவரி 10-ல் ஜெயித்தது. “சனி பார்வை” என்று விட்டிருந்தால் அடுத்த ராக்கெட்டும் கடலில்தான் விழுந்திருக்கும். (ராக்கெட்டின் சிறு மாதிரியைத் திருப்பதிக்குத் தூக்கிக்கொண்டு போகிற நிபுணர்களும் திருத்தியது கருவியைத்தான், காணிக்கையை அல்ல என்பதை வாசகர்கள் கவனிக்க வேண்டும்.)

முத்தாரம்மன் தசராவுக்கு வேஷங்கட்டி ஊர் ஊராய்ப் பிச்சையெடுக்கிற ஏழை மக்களை நாம் பரிகாசம் செய்யவில்லை. நோய் தீர்ந்தால் வேஷங்கட்டுவதாக நேர்ந்துகொள்ளுகிறான். தீர்ந்தால் நேர்த்திக்கடனின் பெருமை. தீராவிட்டால் நேர்ந்ததில் குறை. எப்படியும் அடுத்த வருஷமும் கடற்கரைக்கு வந்தாக வேண்டும். அங்கே வருஷா வருஷம் சாகும் மகிஷாசூரனும் தவறாமல் வந்துவிடுகிறான். இந்தச் சுழலில் செலவாவது யார் கூலி என்பதுதான் நம்முடைய கேள்வி.

நாடி ஜோசியர்களுக்கு மாத்திரம் ஒரு வார்த்தை. நீ இன்று வருவாய் என்று ஓலையில் இருந்ததால் நீ வந்தாய், நீ வந்ததால் ஓலை கிடைத்தது என்கிறீர்கள். கட்டைவிரல் ரேகையை வாங்கிக்கொண்டு “ஆம், இல்லை” என்று நீங்கள் கேட்கும் கேள்விகளிலிருந்துதான் ஓலை கிடைக்கிறது என்கிறோம் நாம். கொழும்பில் தோழர் ஆபிரகாம் கோவூர் 1963-ல் லட்ச ரூபாய் பந்தயம் வைத்தார். 1978-ல் அவர் சாகும்வரை அதை ஜெயித்தவர் ஒருவருமில்லை. நம்மிடம் லட்ச ரூபாய் இல்லை. ஆனால் குலசேகரன்பட்டினத்திலிருந்து இனிப் புறப்படப்போகும் ராக்கெட் ஒன்று, அரசாங்கம் நாள் சொல்லுவதற்கு முன்னால், எந்த நாள், எந்த நிமிஷத்தில் கிளம்பும் என்று அரக்கு முத்திரை வைத்த கவரில் நமது ஆபீசுக்கு எழுதியனுப்புங்கள். நாலு பேர் முன்னிலையில் பிரித்து, உள்ளதை உள்ளபடி இந்தப் பத்திரிகையிலேயே அச்சிடுகிறோம். தபால் செலவும் நம்முடையதே.