சோழன் கட்டாத கோயிலுக்கு மூன்று நாள்

வியாழக்கிழமை காலைகளில் புளியறையில் வெளியூர் வண்டிகளுக்குக் குறைவிருக்காது. கேரளத்துக்குப் போகும் சாலையில், சோதனைச்சாவடியைத் தாண்டி மலையேறுவதற்கு முன்னால், தட்சிணாமூர்த்திக்கு ஒரு நிறுத்தம். நட்சத்திரத்துக்கு ஒன்றாக 27 படி ஏறி, கொண்டைக்கடலை மாலை சாத்தி, பின்னால் இருக்கும் சதாசிவமூர்த்தியையும் கும்பிட்டுவிட்டு இறங்கினால், 'ஏறுங்கம்மா, ஆரியங்காவுல நடை சாத்திருவாங்க' என்று டூர்காரர் குரல் கொடுத்துக்கொண்டிருப்பார். காலையில் தென்காசி, இலஞ்சி, பண்பொழி திருமலை. மதியத்துக்குமேல் ஆரியங்காவு, அச்சன்கோவில். தரிசனத்துக்காகப் போகிறவர்களுக்கு இந்த ஓட்டத்தில் குறை சொல்ல ஒன்றுமில்லை. தெரிந்த சாமி, தெரிந்த முறை. பத்து நிமிடம் கிடைத்தாலும் போன காரியம் முடிந்துவிடும்.

இதே ஓட்டத்தை அப்படியே தூக்கிக்கொண்டு கம்போடியாவுக்குப் போகும்போதுதான் சிக்கல் வருகிறது. காசி, இராமேசுவரம், நவகிரகம் என்று ஆள் சேர்த்த கை இப்போது அங்கோர் வாட்டுக்கும் சேர்க்கிறது. வாட்ஸாப்பில் வரும் நோட்டீஸ்களில் இரண்டு வரி தவறாமல் இருக்கும்: உலகின் மிகப்பெரிய இந்துக் கோயில், தமிழ் மன்னன் கட்டியது. முதல் வரிக்கு ஒரு விளக்கம் சேர்க்க வேண்டும். இரண்டாவது வரியை அடித்துவிட வேண்டும். ஒரு லட்சத்துக்குக் குறையாமல் செலவழித்துப் போகிறவர்களுக்காவது இதைப் பொறுமையாகச் சொல்லியாக வேண்டும்.

அங்கோர் வாட்டைக் கட்டியவர் கெமர் அரசர் இரண்டாம் சூரியவர்மன். 1113 வாக்கில் பட்டத்துக்கு வந்தவர். கோயில் திருமாலுக்கு. 'வர்மன்' என்று முடிகிறதே, பல்லவர் பெயர் மாதிரி இருக்கிறதே என்று கேட்பவர்கள் உண்டு. பெயர் சமஸ்கிருதம், ஆள் கெமர். அந்த நாட்டில் அந்தக் கால அரசர்கள் எல்லோருமே அப்படித்தான் பட்டப்பெயர் வைத்துக்கொண்டார்கள். 802-ல் இரண்டாம் ஜெயவர்மன் மகேந்திர மலையில் தன்னைச் சக்கரவர்த்தியாக அறிவித்துக்கொண்டதிலிருந்து அங்கோர்க் காலத்தைக் கணக்கிடுகிறார்கள். இந்தச் செய்தியைச் சொல்லும் ஸ்டோக் காக் தோம் கல்வெட்டு 1052-ஐச் சேர்ந்தது. அங்கே கிடைக்கும் கல்வெட்டுகளின் மொழி சமஸ்கிருதம் அல்லது பழைய கெமர். தாய்லாந்தில் தக்குவாபாவிலும், சுமத்ராவில் பாரூஸிலும், சீனத்தில் சுவான்சௌவிலும் நம் வணிகர்கள் தமிழில் கல்வெட்டு விட்டுப் போயிருக்கிறார்கள். அந்த வரிசையில் அங்கோர் இல்லை.

சோழன் கட்டினான் என்ற பேச்சுக்கு உருவ ஒற்றுமையும் ஒரு காரணம். தஞ்சைப் பெரிய கோயிலின் விமானத்தை நாம் 216 அடி என்கிறோம். அங்கோர் வாட்டின் நடுக்கோபுரம் 65 மீட்டர், ஏறக்குறைய 213 அடி. இரண்டிலும் கருவறைக்கு மேல்தான் உயரம். ஆனால் காலக்கணக்கு இடிக்கிறது. அங்கோரை ஒட்டிய ஊரான சியெம் ரீப்புக்குப் பக்கத்தில் ரொலுவோஸ் என்ற இடத்தில் பகோங் என்று ஒரு கோயில் இருக்கிறது. படிப்படியாக ஏறும் ஐந்து அடுக்குக் கல்மேடு, உச்சியில் சிவனுக்குச் சந்நிதி. அதன் ஆண்டு 881. இராசராசன் பெரிய கோயிலை முடிக்க அதற்குப்பிறகு இன்னும் 130 ஆண்டு போல ஆயிற்று. விசயாலயன் தஞ்சையைப் பிடித்துச் சில பத்தாண்டுகளே ஆகியிருந்த வேளையில், மலைபோல் கோயிலை அடுக்கும் வித்தை அங்கே கைவந்துவிட்டது.

இந்தப் பெருமையை விட்டுக்கொடுத்தால் நமக்கு மிச்சம் என்ன என்று கேட்கலாம். நிறையவே இருக்கிறது.

கரந்தைச் செப்பேடு என்று நாம் அறிவது முதலாம் இராசேந்திரனின் எட்டாம் ஆட்சியாண்டைச் சேர்ந்தது, 1020 வாக்கில் வெளியிடப்பட்டது. காம்போச (அதாவது கம்போடிய) அரசன் நட்பு வேண்டி இராசேந்திரனுக்குத் தேர் ஒன்றை அனுப்பியதாக அது சொல்கிறது. அந்தக் காலத்தில் அங்கே ஆண்டவர் முதலாம் சூரியவர்மன். இதற்கு அடுத்த நூற்றாண்டில், முதலாம் குலோத்துங்கன் காலத்தில், 1114-ல் சிதம்பரத்தில் ஒரு கல்வெட்டு. காம்போச அரசன் சோழ மன்னனுக்குக் காட்டிய கல் ஒன்று, மன்னன் ஆணைப்படி நடராசர் சந்நிதிக்கு எதிரே உள்ள எதிரம்பலத்தின் முகப்பில் வைக்கப்பட்டதாம். அனுப்பியவர் பெயரைக் கல்வெட்டு சொல்லவில்லை. ஆனால் அங்கோர் வாட்டைக் கட்டியவர் அரியணை ஏறிய மறு ஆண்டு அது. புளியறைக்காரர்களுக்கு இதில் ஒரு கூடுதல் ஒட்டுதல் இருக்கலாம்: தில்லை நடராசரை இங்கே புளியமரப் பொந்தில் ஒளித்து வைத்துக் காத்ததாக இவ்வூர்த் தலபுராணம் சொல்கிறது. அதைப் புராணமாகவே வைத்துக்கொள்வோம். சிதம்பரத்துக் கல் கல்வெட்டிலேயே இருக்கிறது.

இவற்றைவிட எனக்குப் பெரிதாகப் படுவது பந்தே ஸ்ரேய் என்ற சின்னக் கோயிலில் இருப்பது. 967-ல் எழுந்தது. கட்டியவர் அரசர் இல்லை, யக்ஞவராகர் என்ற அரசவை அந்தணர். இளஞ்சிவப்பு மணற்கல், சந்நிதி வாசலில் ஆள் நிமிர்ந்து நுழைய முடியாது. கிழக்கு வாயில் ஒன்றின் முகப்பில் பல கைகளோடு சிவன் ஆடுகிறார். கீழே ஓர் ஓரத்தில், எலும்பு தெரிய, வற்றிய மார்போடு ஒரு பெண் உட்கார்ந்திருக்கிறாள். காரைக்கால் அம்மையார்தான் என்று ஆய்வாளர்கள் பலர் கருதுகிறார்கள். சோழர் செப்புத் திருமேனிகளில் தாளத்தோடு உட்கார்ந்திருக்கும் பேயுருவைப் பார்த்தவர்களுக்குச் சந்தேகம் எழாது. ஒரு தமிழ்ப் பெண்ணின் கதை கடல் தாண்டிப் போய், இன்னொரு மொழிக்காரர்களின் கோயில் வாசலில் இடம் பிடித்திருக்கிறது. 'நாங்கள் கட்டினோம்' என்று தேடிப் போகிறவர்களுக்கு அந்த ஓரம் கண்ணில் படாது. படம் எடுத்துக்கொண்டு வந்துவிடுவார்கள்.

இனி, போய் நின்றதும் குழப்பும் சில விஷயங்கள்.

தென்காசியில் நமக்குப் பழக்கமானது ராசகோபுரம். பராக்கிரம பாண்டியன் 15-ம் நூற்றாண்டில் எழுப்பி, பின்னால் சிதைந்து, 1990-ல் மீண்டும் நிமிர்ந்த ஒன்பது நிலைக் கோபுரம். வாசலில் பிரம்மாண்டம், உள்ளே போகப்போகத் தாழ்ந்து, காசி விசுவநாதர் இருக்கும் இடத்தில் விமானம் சிறியது. அங்கோர் வாட்டில் நேர் எதிர். அகழி தாண்டி, மதில் தாண்டி, சுற்றுக்கூடங்கள் தாண்டி ஏறிக்கொண்டே போக வேண்டும். கோயில் என்பது மேருமலை, அகழி கடல் என்ற எண்ணத்தில் கட்டியது. அகழி மட்டும் 190 மீட்டர் அகலம். முழங்கால் வலி உள்ளவர்கள் உச்சி அடுக்குக்கு ஆசைப்பட வேண்டாம். கைப்பிடி போட்ட மரப்படிதான், ஆனாலும் செங்குத்து. தோளும் முழங்காலும் மூடிய உடை இல்லாவிட்டால் மேலே விடமாட்டார்கள். பௌத்த விரத நாள்களில் அந்த அடுக்கு யாருக்குமே கிடையாது.

கல்லும் வேறு. கொல்லம் பக்கம் வீட்டுச் சுவருக்கு வைக்கும் வெட்டுக்கல்லைப் பார்த்திருப்பீர்கள், செம்மண் நிறத்தில், துளை துளையாக. அதே வகைக் கல்தான் அங்கே மதிலுக்கும் அடித்தளத்துக்கும். அதன்மேல் மணற்கல். நம்முடைய கருங்கல்லில் உளி போராட வேண்டும். மணற்கல்லில் சரிகை நெய்கிற மாதிரி செதுக்கலாம். ஆனால் மழையில் உரிந்தும் போகும்.

சுற்றும் திசையில்தான் நம் ஆட்கள் தவறாமல் தடுமாறுவது. மேற்கு வாசலில் நுழைந்ததும் கால் தன்னால் வலமாகப் போகும். அங்கோர் வாட்டின் சுவர்ச் சிற்பங்கள் இடமாக ஓடுகின்றன. மேற்குச் சுவரின் தென்பகுதியில் குருட்சேத்திரம், தெற்கில் சூரியவர்மனின் ஊர்வலம், அடுத்து சொர்க்கமும் நரகமும், கிழக்கில் பாற்கடல். கருவறை இடக்கைப் பக்கம் இருக்கும்படி நடந்தால்தான் வரிசை பிடிபடும். கோயில் மேற்கு பார்த்திருப்பதையும் இந்த இடச்சுற்றையும் சேர்த்துவைத்து, இது அரசனின் நினைவுக் கோயிலாகவும் இருந்திருக்கும் என்பவர்கள் உண்டு. திருமாலுக்கு மேற்கு உகந்தது, அவ்வளவுதான் என்பவர்களும் உண்டு. பாற்கடல் காட்சி 49 மீட்டர் நீளம். 88 தேவர், 92 அசுரர். தேவர் வரிசையின் கடைசியில் பாம்பின் வாலைப் பிடித்துக்கொண்டு நிற்பது ஒரு குரங்கு. நம் பாகவதக் கதையில் அனுமனுக்கு அங்கே வேலை கிடையாது. 'ஏன்?' என்று கைடைக் கேளுங்கள். நல்ல கைடா இல்லையா என்று அந்தப் பதிலிலேயே தெரிந்துவிடும்.

உலகின் மிகப்பெரிய இந்துக் கோயில் என்ற வரிக்கு வருகிறேன். எழுப்பியபோது அப்படி. பல நூற்றாண்டுகளாக அது பௌத்தர்கள் கும்பிடும் இடம். காட்டில் தொலைந்து கிடந்ததை 1860-ல் ஆன்றி முவோ என்ற பிரெஞ்சுக்காரர் கண்டுபிடித்தார் என்பதும் பாதிக் கதைதான். அவர் போனபோதும் அங்கே பிக்குகள் இருந்தார்கள். மேற்கு வாயிலில் எட்டுக் கைகளோடு ஆளைவிட இரண்டு மடங்கு உயரமாக ஒரு திருமால் சிலை நிற்கிறது. காவித்துணி சுற்றி, ஊதுபத்தி ஏற்றி, 'தா ரீச்' என்று அழைத்து உள்ளூர் மக்கள் வேண்டிக்கொள்கிறார்கள். அவர்களுக்கு அவர் ஊர் காக்கும் தெய்வம். நம் பக்கத்துச் சாஸ்தாவையும் மாடனையும் அறிந்தவர்களுக்கு இதற்கு மொழிபெயர்ப்பு தேவைப்படாது. அந்த இடத்தில் தேங்காய் உடைக்கவோ கற்பூரம் ஏற்றவோ முயன்று காவலாளியிடம் பேச்சு வாங்க வேண்டாம்.

எத்தனை நாள் என்பது அடுத்த கேள்வி. அங்கோர் நுழைவுச்சீட்டு 2017 பிப்ரவரியிலிருந்து ஒரு நாளைக்கு 37 டாலர், மூன்று நாளைக்கு 62, ஏழு நாளைக்கு 72. மூன்று நாள் சீட்டைப் பத்து நாளுக்குள் எந்த மூன்று நாளிலும் பயன்படுத்தலாம். அடுத்தடுத்து ஓட வேண்டியதில்லை. நோட்டீஸில் 'அங்கோர் தரிசனம்' என்று இருந்தால் அது எந்தச் சீட்டு என்று கேட்டு எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். மலிவான பேக்கேஜ்களில் பெரும்பாலும் ஒரு நாள் சீட்டுதான் இருக்கும். அங்கோர் வாட், பாயன், மரவேர் புகுந்த தா புரோம் மூன்றையும் ஒரே பகலில் முடித்துவிட்டு, மீதி நாள்கள் சந்தைக்கும் படகுக்கும் போய்விடும்.

மூன்று நாள் கிடைத்தால் வரிசையை மாற்றச் சொல்லிக் கேட்கலாம். வழக்கமாக முதல் நாள் விடியலிலேயே அங்கோர் வாட்டில் கொண்டுபோய் நிறுத்துவார்கள், சூரிய உதயப் படத்துக்காக. அதைப் பார்த்தபின் மற்றவை எல்லாம் சின்னதாகத் தெரியும்; இரண்டாம் நாளே 'இன்னும் எத்தனை கோயில்ப்பா' என்ற முணுமுணுப்பு ஆரம்பித்துவிடும். முதலில் ரொலுவோஸ், அன்றே முடிந்தால் 961-ன் பிரே ரூப். மறுநாள் பந்தே ஸ்ரேய், வரும் வழியில் பாபுவோன், அங்கோர் வாட். மூன்றாம் நாள் ஏழாம் ஜெயவர்மனுடையவை: 1186-ல் எழுந்த தா புரோம், முகங்கள் பார்க்கும் பாயன். கட்டிய வரிசையில் பார்த்தால், செங்கல் எங்கே கல்லாயிற்று, சிவன் எங்கே திருமாலுக்கும் பிறகு புத்தருக்கும் வழிவிட்டார் என்பதெல்லாம் யாரும் சொல்லாமலே விளங்கும். தா புரோமில் மரத்தை மட்டும் பார்த்துத் திரும்பாதீர்கள். அந்தக் கோயிலுக்கு 3,140 ஊர்களும் 79,365 பேரும் உழைத்ததாக அதன் கல்வெட்டு கணக்குக் கொடுக்கிறது. அங்கே தூண் நிமிர்த்தும் வேலையில் நம் இந்தியத் தொல்லியல் துறையும் இருக்கிறது.

பாபுவோனுக்கு ஒரு தனிக்கதை. சீரமைப்பதற்காகக் கல் கல்லாகப் பிரித்து எண் போட்டு வைத்திருந்தார்கள், சுமார் மூன்று லட்சம் கல். கெமர் ரூஜ் காலத்தில் குறிப்பேடுகள் அழிந்துபோயின. 1995-ல் மறுபடி தொடங்கி, எந்தக் கல் எங்கே என்று தேடித்தேடிப் பொருத்தி 2011-ல் முடித்தார்கள்.

கைடு விஷயத்திலும் ஒரு தெளிவு வேண்டும். ஊரிலிருந்து கூடவே வரும் டூர் மேனேஜர் கைடு ஆகமாட்டார். அவர் அறை, சாப்பாடு, பாஸ்போர்ட் பார்ப்பவர். கோயிலுக்குள் விளக்க வேண்டியவர் அந்நாட்டுச் சுற்றுலா அமைச்சின் உரிமம் பெற்ற உள்ளூர் கைடு. அவர் ஆங்கிலத்தில் சொல்வதை மேனேஜர் தமிழில் சுருக்கும்போது பத்து நிமிடப் பேச்சு 'இது ராமாயணம்மா' என்று முடிந்துவிடும். ராமாயணம் நமக்கே தெரியும். வாலி சுக்ரீவன் சண்டையையும், கயிலையைத் தூக்கும் இராவணனையும் பார்த்த உடனே அடையாளம் கண்டுவிடுவோம். கைடிடம் கேட்க வேண்டியது மற்றவை: இந்தக் கல் எங்கிருந்து வந்தது, யார் செலவு, இந்தக் குளத்துத் தண்ணீர் எப்படிப் பாய்ந்தது. மேற்கு பாராய் என்ற ஏரி எட்டு கிலோமீட்டர் போல நீளம், தோண்டாமல் நான்கு புறமும் கரை கட்டித் தேக்கியது. மடையும் மறுகாலும் தெரிந்த ஊர்க்காரர்கள் கேட்கும் கேள்வி அந்தக் கைடுக்கும் புதிதாக இருக்கும்.

பள்ளி விடுமுறை என்று ஏப்ரலில் கிளம்புவது நல்ல யோசனை இல்லை. அங்கே வெயில் உச்சம் அப்போதுதான். நம் சித்திரைப் பிறப்பை ஒட்டியே அவர்களுக்கும் புத்தாண்டு வருவதால் கூட்டமும் நெரியும். நவம்பரிலிருந்து பிப்ரவரி வரை சரி. சைவச் சாப்பாட்டுக்காரர்கள் மீன் சாறு இல்லாமல் என்று சொல்லிவிட வேண்டும், காய்க்குழம்பிலும் அது இருக்கும்.

பாங்காக்கில் இறங்கி, பிமாய், பனோம் ரூங் முதலிய தாய்லாந்துப் பக்கத்துக் கெமர்க் கோயில்களைப் பார்த்துவிட்டுத் தரைவழியாகச் சியெம் ரீப் போகும் திட்டம் முன்பு நன்றாகவே நடந்தது. 2025 ஜூலையில் இரு நாடுகளுக்கும் எல்லையில் சண்டை மூண்டது, தரைவழி அடைபட்டது. பிரே விகார் கோயில் கம்போடியாவுக்கே என்று 1962-ல் சர்வதேச நீதிமன்றம் தீர்ப்பளித்தும் ஆறாத பழைய வழக்கு அதன் பின்னால் இருக்கிறது. ஆகவே இப்போதைக்கு விமானத்தில் போய் விமானத்தில் திரும்புகிற திட்டத்துக்கே முன்பணம் கொடுங்கள். எல்லையோரக் கோயில் ஏதாவது பட்டியலில் இருந்தால், இந்திய வெளியுறவு அமைச்சகத்தின் பயண அறிவிப்பைப் பார்த்த பிறகு கொடுக்கலாம்.