கைதி உடையும் கைலாகும்

பத்திரிகைத் தொழிலில் உள்ளோர் ஊன்றிப் படிக்கவேண்டிய தேர்தல் ஒன்றுண்டு. 1906ஆம் ஆண்டு நவம்பர் 6ஆம் நாள், அமெரிக்காவின் நியூயோர்க் மாநிலத்திலே ஆளுநர் பதவிக்காக நடைபெற்றது அது. ஜனநாயகக் கட்சியின் சார்பில் நின்றவர் வில்லியம் ராண்டொல்ஃப் ஹேர்ஸ்ற். பல நகரங்களிலே பத்திரிகை நடத்திய பெருஞ் செல்வர். குடியரசுக் கட்சியின் சார்பில் நின்றவர் சார்ள்ஸ் எவான்ஸ் ஹியூஸ் என்னும் வழக்கறிஞர். 1905இல் ஆயுட் காப்புறுதிக் கம்பனிகளின் ஊழல்களைச் சட்டசபைக் குழுவின் முன்னே வெளிப்படுத்தியவர் இவர். அப்பணத்தில் ஒரு பகுதி தமது கட்சியின் தேர்தல் நிதிக்கே சென்றது என்பதையும் இவர் மறைத்தாரில்லை.

ஹேர்ஸ்ற் கேட்டவை அற்பமானவையல்ல. எட்டு மணிநேர வேலை, ஏகபோகக் கம்பனிகளுக்குக் கடிவாளம், செனற் சபையினரை மக்களே நேரில் தெரிவு செய்தல் ஆகியவற்றுக்காக அவர் வாதாடினார். இவற்றையெல்லாம் வெறும் கூச்சல் என்று ஒதுக்கிய கனவான்களோடு எனக்கு உடன்பாடில்லை. செனற் தெரிவு 1913இலே அரசியல் யாப்பிலும் இடம்பெற்றுவிட்டது.

பின் எங்கே பிழைத்தது? 1905இல் ஹேர்ஸ்ற் நியூயோர்க் நகர மேயர் பதவிக்கு நின்று, ஏறத்தாழ 3,500 வாக்குகளால் தோற்றார். நகரத்து ஜனநாயகக் கட்சியை ஆட்டிவைத்த தாமனி மண்டபத்தார் வாக்குகளைக் களவாடினர் என்று முழங்கினார். அதை நம்பியோர் பலர். அவருடைய பத்திரிகை தாமனித் தலைவர் சார்ள்ஸ் மேர்பியைக் கோடு போட்ட சிறைக் கைதி உடையிலே சித்திரமாக வரைந்தது. மறு ஆண்டு பபலோ நகரில் கூடிய கட்சி மாநாட்டிலே, அதே மேர்பியின் தயவினால்தான் ஹேர்ஸ்ற்றுக்கு நியமனம் கிடைத்தது! மேடையிலே பேசியதைக் காற்றுக் கொண்டுபோய்விடும். அச்சேறியதோ வாசகன் வீட்டுப் பரணிலே கிடக்கும். இதை அவருக்கு யார்தான் சொல்லிக்கொடுக்க வேண்டும்?

பரணிலே இன்னொரு தாளும் கிடந்தது. 1901இல் அவரது பத்திரிகை, கொடியோரைக் கொன்றுதான் ஒழிக்க முடியுமாயின் கொல்லத்தான் வேண்டும் என்ற கருத்தில் தலையங்கம் தீட்டியது. சில மாதங்களில், அதே பபலோவிலே, ஜனாதிபதி மக்கின்லி சுடப்பட்டு மாண்டார். கொன்றவன் அத்தலையங்கத்தைப் படித்தான் என்று எவரும் நிறுவினாரில்லை. ஆயினும் தேர்தலுக்கு ஐந்து நாள் முன்பு, இராஜாங்கச் செயலாளர் எலிஹு ரூற் உட்டிக்கா நகரிலே இதை எடுத்துக் கூறினார். ஜனாதிபதி ரூஸ்வெல்ற்றின் பெயராலும் பேசினார். அது நியாயமான அடிதானா என்பதில் எனக்கு இன்றும் ஐயமுண்டு. அடி பலித்தது என்பதில் ஐயமில்லை.

ஹியூஸ் ஏறத்தாழ 58,000 வாக்குகளால் வென்றார். வியப்பு அதுவன்று. அதே தேர்தலிலே துணை ஆளுநர் முதலிய ஏனைய மாநிலப் பதவிகளை ஹேர்ஸ்ற்றின் அணியினரே கைப்பற்றினர். அணியை ஏற்ற மக்கள் அதன் தலைவரை மட்டும் வெட்டிவிட்டார்கள்.

ஓர்சன் வெல்ஸ் 1941இல் எடுத்த ‘சிட்டிசன் கேன்’ படத்திலே, ஹேர்ஸ்ற்றைப் பெரிதும் ஒத்த பத்திரிகை அதிபர் ஒருவர் ஆளுநர் தேர்தலில் தோற்கிறார். அவருடைய அலுவலகத்தில் இரண்டு தலைப்புகள் தயாராக இருக்கின்றன. ஒன்று அவர் வென்றார் என்பது. மற்றது வாக்களிப்பிலே மோசடி என்பது. இரண்டாவது அச்சேறுகிறது. ஹேர்ஸ்ற்றின் பத்திரிகைகளில் அப்படத்தின் விளம்பரத்துக்கு இடம் கொடுக்கப்படவில்லை.