பறித்த காய்க்கும் உயிருண்டு

செடியிலிருந்து பறித்தவுடன் காயின் வாழ்வு முடிந்துவிடுகிறது என்றே நம்மில் பெரும்பாலோர் எண்ணுகிறோம். பிறகு அது வெறும் சரக்கு. மூட்டையாகக் கட்டலாம், லாரியில் அடுக்கலாம், வெயிலில் காத்திருக்க வைக்கலாம் என்பது நடைமுறை. இந்த எண்ணம் அறிவியலுக்கு மாறானது. அதைவிட முக்கியமாக, உழவரின் மடியிலிருந்து பணத்தைப் பறிப்பது. இக்கட்டுரை அதைப் பற்றியதே.

தக்காளியோ கத்தரிக்காயோ கீரையோ, பறித்த பின்னும் சுவாசித்துக்கொண்டிருக்கின்றன. காற்றிலுள்ள ஆக்சிஜனை எடுத்து, தம்மிடம் உள்ள சர்க்கரையைச் சிறிது சிறிதாக எரித்து, கரியமில வாயுவையும் நீராவியையும் வெப்பத்தையும் வெளிவிடுகின்றன. செடியில் இருந்தவரை செலவழித்ததை இலையும் வேரும் ஈடு செய்தன. பறித்த பிறகு வரவு கிடையாது, செலவு மட்டுமே. கையிருப்பு தீரும் வேகத்தைப் பொறுத்தே காயின் எஞ்சிய நாட்கள் அமைகின்றன. (நெல்லும் பயறும் உயிருள்ளவையே. ஆனால் அவை உலர்ந்து உறக்கத்தில் இருப்பவை. அவற்றைக் கையாளும் பழக்கத்தை அப்படியே காய்கறிக்கும் கொண்டுவந்ததில்தான் நம் தொல்லை தொடங்கியது என்று நான் கருதுகிறேன்.)

இந்தச் செலவின் வேகத்தை முடிவு செய்வது வெப்பநிலை. பொதுவாக வெப்பநிலை 10 பாகை செல்சியஸ் உயர்ந்தால் சுவாசம் 2 முதல் 3 மடங்காகும். 15 பாகையில் இருக்கும் தக்காளியை 35 பாகைக்குக் கொண்டுபோனால் அது குறைந்தது 4 மடங்கு விரைவாகத் தன்னைத் தானே தின்னத் தொடங்கும். இறுகக் கட்டிய கொத்தமல்லிக் கட்டுகளைக் குவித்து வைத்து, சில மணி நேரம் கழித்துக் குவியலின் நடுவே கையை விட்டுப் பாருங்கள், வெதுவெதுப்பாக இருக்கும். அந்தச் சூடு வெயிலிலிருந்து மட்டும் வந்ததன்று, இலைகளே உண்டாக்கியது.

இனி இதன் பொருளாதாரத்துக்கு வருவோம். பெரம்பலூர், திண்டுக்கல், திருப்பூர் மாவட்டங்களில் சின்ன வெங்காயம் பயிரிடுவோர் பட்டறை போட்டு வைப்பதை உங்களில் சிலர் பார்த்திருக்கலாம். தரையிலிருந்து சற்று உயர்த்திய மேடை, காற்று புகும் தட்டிகள், மேலே தென்னங்கீற்று. நன்றாகக் காய்ந்த வெங்காயம் அதற்குள் மாதக்கணக்கில் கிடக்கும். வெங்காயம் உறங்கும் குமிழ். மிகவும் மெதுவாகச் சுவாசிப்பது. இன்று விலை சரியில்லை என்றால் அந்த உழவர் வியாபாரியிடம், "பிறகு பார்க்கலாம், போய் வாருங்கள்" என்று சொல்ல முடியும்.

தக்காளி விளைவிப்பவரால் அப்படிச் சொல்ல முடியாது. ஒட்டன்சத்திரத்துக்கோ பாலக்கோட்டுக்கோ காலையில் கொண்டுவந்ததை அன்றைக்கே தள்ளியாக வேண்டும். அவர் தயங்கத் தயங்க, சரக்கு கண்முன்னே மதிப்பிழக்கிறது. எதிரே நிற்பவருக்கு அது தெரியும். 2023 ஜூலையில் தக்காளி கிலோ 100 ரூபாயைத் தாண்டி விற்றதும், சில வாரங்களிலேயே விலை சரிந்து விழுந்ததும் நினைவிருக்கும். இத்தகைய ஏற்ற இறக்கத்துக்குக் காரணங்கள் பல. ஆயினும் இரண்டு நாள் காத்திருக்க முடிந்தவனுக்கும் முடியாதவனுக்கும் கிடைக்கும் விலை ஒன்றாக இருக்காது. சேமிப்பு என்பது காத்திருக்கும் உரிமை.

இதற்கெல்லாம் மருந்து குளிர்பதனக் கிடங்கு என்று மேடைதோறும் சொல்கிறார்கள். கிடங்குகள் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. நாட்டில் 8,000-க்கும் மேற்பட்டவை இருக்கின்றன. அவற்றின் இடத்தில் பெரும் பகுதி உத்தரப் பிரதேசம், மேற்கு வங்காளம் போன்ற மாநிலங்களில் உருளைக்கிழங்குக்குப் பயன்படுகிறது. உருளைக்கிழங்குக்கு அது பொருத்தமான ஏற்பாடு. மற்றவற்றுக்கு?

குளிர் எல்லாக் காய்க்கும் ஒன்றுபோல் உகந்ததன்று. ஆப்பிள் 0 பாகையை ஒட்டிய குளிரில் சுகமாக இருக்கும். வாழைப்பழத்தை 13 பாகைக்குக் கீழே வைத்தால் தோல் கறுத்துப்போகும். மாம்பழமும் ஏறக்குறைய அப்படியே. வெப்ப நாட்டில் பிறந்த காய்களின் செல் சவ்வுகள் கடுங்குளிரைத் தாங்குவதில்லை. தக்காளியை 12 பாகைக்குக் கீழே பல நாள் வைத்தால், மணத்துக்குரிய பொருள்களை உண்டாக்கும் மரபணுக்களின் வேலையே தடைப்படுகிறது என்று 2016-இல் அமெரிக்காவின் ஃபுளோரிடா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் காட்டினார்கள். வெளியே எடுத்து வைத்தாலும் அந்த மணம் முழுமையாகத் திரும்புவதில்லை. வீட்டுக் குளிர்சாதனப் பெட்டியில் உள்ள தக்காளி சிவப்பாக இருந்தும் சப்பென்று இருப்பதன் காரணம் இதுவே. உருளைக்கிழங்குக்கும் அளவு உண்டு: 4 பாகைக்கு இறங்கினால் அதன் மாவுச்சத்து சர்க்கரையாக மாறும், அதை வறுத்தால் கறுக்கும். ஆகவே ஒரே அறையில், ஒரே குளிரில் எல்லாவற்றையும் போட்டுப் பூட்டிவிட முடியாது.

இதைவிடப் பெரிய தடை ஒன்று உண்டு. குளிர், அழிவின் வேகத்தைக் குறைக்கும். நேர்ந்த சேதத்தைக் குணப்படுத்தாது. நசுங்கிய தக்காளி கிடங்குக்குள் நுழைந்தால் நசுங்கிய தக்காளியாகவே வெளிவரும்.

சேதம் எங்கே நேர்கிறது? நம் நாட்டில் விளைவதில் நூற்றுக்கு 40 பங்கு வீண் என்று அடிக்கடி கேட்கிறோம். அளந்து பார்த்தவர்கள் அப்படிச் சொல்லவில்லை. லூதியானாவில் உள்ள மத்திய அறுவடைக்குப் பிந்தைய பொறியியல் தொழில்நுட்ப நிறுவனம் நாடெங்கும் கணக்கெடுத்து 2015-இல் வெளியிட்ட அறிக்கையின்படி, கொய்யாவில் இழப்பு நூற்றுக்கு 15.88, தக்காளியில் 12.44. சொல்லப்படும் எண்ணைவிட இது குறைவுதான். ஆனால் 8 கூடை தக்காளியில் ஒரு கூடை குப்பைக்குப் போகிறது என்பது சிறிய செய்தியா? குறைந்த விலைக்குத் தள்ளப்படும் அடிபட்ட பழமும், சத்துக் குறைந்த கீரையும் இந்த எடைக் கணக்கில் வருவதே இல்லை. அந்த இழப்பில் பெரும் பகுதி நேர்வது கிடங்கில் அன்று. பறிப்பது, தரம் பிரிப்பது, ஏற்றுவது, இறக்குவது ஆகிய தொடக்க வேலைகளில்தான். நம் கவனமும் பணமும் முதலில் போக வேண்டிய இடம் வயலோரம் என்பது என் வாதம்.

அங்கே வேண்டுவது பெரிய எந்திரங்கள் அல்ல. முதலில் நிழல். வெயிலில் கிடக்கும் தக்காளியின் உள்வெப்பம் சுற்றியுள்ள காற்றின் வெப்பத்தையும் மிஞ்சிவிடும். விடியற்காலையில் பறித்து, மரத்தடியிலோ கீற்றுப் பந்தலின் கீழோ வைத்தால் அந்தச் சூட்டின் பெரும்பகுதி காயில் ஏறாமலே தடுத்துவிடலாம். கீரைக்கு இது இன்னும் அவசரம். தன் எடையில் நூற்றுக்கு 3 முதல் 5 பங்கு நீரை இழந்தாலே அது வாடிவிடும். பிறகு வாங்குபவர் தொட்டுப் பார்த்துவிட்டு நகர்வார்.

அடுத்தது, கொண்டுசெல்லும் கலம். சாக்கில் கட்டிய காய்களில் மேலே உள்ளவற்றின் பாரம் முழுவதும் அடியில் இருப்பவற்றின் மேல் இறங்குகிறது. அடிபட்ட இடத்தில் காய் வேகமாகச் சுவாசிக்கிறது. கீறல் வழியே பூஞ்சை நுழைகிறது. அது பக்கத்துக் காய்க்கும் பரவுகிறது. சுமை இறக்குவோர் மூட்டையை 'தொப்' என்று போடுகிறார்கள் என்று குறை சொல்வோர் உண்டு. 50 கிலோவுக்கு மேல் உள்ள மூட்டையை முதுகில் சுமந்து வருபவர் அதைப் பூப்போல வைக்க வேண்டும் என்று எதிர்பார்ப்பது நியாயமா? அவருக்குக் கூலியும் மூட்டைக் கணக்கில்தான். 20 கிலோ பிடிக்கும், பக்கங்களில் துளையுள்ள பிளாஸ்டிக் பெட்டியைக் கொடுத்தால் யாரும் மெல்ல இறக்கி வைப்பார்கள். ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்கினாலும் பாரம் பெட்டியின் மேல் விழும், பழத்தின் மேல் விழாது. தக்காளிச் சந்தைகள் பலவற்றில் இப்பெட்டிகள் வந்துவிட்டன, நல்ல மாற்றம். கத்தரிக்காயும் முட்டைக்கோசும் இன்னும் சாக்கைவிட்டு வெளிவரவில்லை.

மாங்காய் பறிப்பது ஒரு கலை. கிளையை உலுக்கி விழவைத்த காய் வெளியே நன்றாகத் தெரிந்தாலும் உள்ளே கன்றிப்போகும். வலை கட்டிய துறட்டியால், காம்பு சிறிது விட்டுப் பறிக்க வேண்டும். காம்பை ஒட்ட ஒடித்தால் வடியும் பால் தோலைச் சுட்டுக் கறையாக்கும். பழுக்கும்போது அங்கேதான் அழுகல் தொடங்கும். எங்கள் பக்கத்துத் தோட்டக்காரர்கள் இதை யாரிடமும் படிக்காமலே அறிந்தவர்கள். விலைக்கு விற்கும் அவசரத்தில்தான் அறிந்ததையும் கைவிடுகிறார்கள்.

இனி, மின்சாரமில்லாக் குளிர்ச்சி. தில்லியிலுள்ள இந்திய வேளாண் ஆராய்ச்சி நிறுவனத்தில் 1980-களில் எஸ். கே. ராய், டி. எஸ். குர்தியா ஆகியோர் ஓர் எளிய அறையை உருவாக்கினார்கள். தரையில் செங்கல் பரப்பி, அதன்மேல் இரட்டைச் சுவர். சுவர்களுக்கு இடையே 7.5 செ.மீ. இடைவெளி, அதில் ஆற்று மணல். மணலைக் காலையும் மாலையும் நீர்விட்டு நனைக்க வேண்டும். மேலே ஒரு நிழற்கூரை. ஏறக்குறைய 100 கிலோ காய்கறி கொள்ளும். மண்பானைத் தண்ணீர் குளிரும் அதே தத்துவம்: நீர் ஆவியாகும்போது சுற்றியுள்ள வெப்பத்தை எடுத்துக்கொள்கிறது. வறண்ட கோடையில் உள்ளே 10 பாகைக்கு மேலும் வெப்பம் குறைகிறது; ஈரப்பதம் நூற்றுக்கு 90 அளவில் நிற்பதால் காய் வாடுவதும் இல்லை. நைஜீரியாவில் முகம்மது பா அப்பா என்ற ஆசிரியர் இதே தத்துவத்தில், பானைக்குள் பானை வைத்து இடையே ஈர மணல் இட்டு, ஏழை உழவர்களுக்கு வழங்கினார். அதற்காக அவருக்கு 2000-இல் ரோலக்ஸ் விருது கிடைத்தது.

இதற்கு வரம்பும் உண்டு. 38 பாகை வெப்பமும் 30 சத ஈரப்பதமும் உள்ள நாளில், ஆவியாதல் மூலம் 24 பாகை வரை இறங்க இயற்கை இடம் கொடுக்கிறது. சென்னையைப் போன்ற கடற்கரையில் 33 பாகையும் 75 சத ஈரப்பதமும் இருந்தால் 29-க்குக் கீழே போகாது. ஆகவே தருமபுரிக்கும் கோவைக்கும் ஏற்றது எல்லா ஊருக்கும் ஏற்றதாகாது. வெங்காயத்தை இதற்குள் வைத்தால் முளைவிட்டுக் கெடும். அதற்குப் பட்டறைதான் சரி. இது தெரியாமல் மானியம் கொடுத்து ஊரெங்கும் கட்டினால், சில ஆண்டுகளில் அதற்குள் விறகு அடுக்கியிருப்பார்கள்.

காய் உயிருள்ளது என்பதற்கு இன்னொரு சான்று எத்திலீன் வாயு. 1901-இல் ருஷ்யாவில் நெல்யூபோவ் என்ற இளம் ஆய்வாளர், விளக்கு வாயு கலந்த காற்றில் பட்டாணி நாற்றுகள் கோணலாக வளர்வதைக் கவனித்து, காரணம் எத்திலீன் என்று கண்டார். 1934-இல் இங்கிலாந்தில் கேன் என்பவர், பழுக்கும் ஆப்பிளே அந்த வாயுவை வெளிவிடுகிறது என்று காட்டினார். நம் ஊரில் வாழைத்தாரை அறையில் அடைத்துப் புகைமூட்டம் போடுவதும் இதே வேலையைத்தான் செய்கிறது. புகையில் எத்திலீன் உண்டு. ஆகவே பழுத்த வாழையையும் கீரையையும் ஒரே வண்டியில் ஏற்றினால் கீரை மஞ்சளாகும், கேரட் கசக்கும். "வாயு வைத்துப் பழுக்க வைத்தார்கள்" என்றாலே அஞ்சுவோர் உள்ளனர். கால்சியம் கார்பைடுக்கு அஞ்சுவது சரியே. அதில் ஆர்செனிக், பாஸ்பரஸ் கலப்பு இருக்கலாம், சட்டமும் அதைத் தடுத்திருக்கிறது. எத்திலீன் பழம் தானே உண்டாக்கும் பொருள். 10 லட்சம் பங்கு காற்றில் 100 பங்கு வரை அதைப் பயன்படுத்த இந்திய உணவுப் பாதுகாப்பு மற்றும் தர நிர்ணய ஆணையம் 2016-இல் அனுமதித்தது. இரண்டையும் ஒரே தட்டில் வைத்துப் பேசுவது அறியாமை.

நிழலும் பெட்டியும் செங்கல் அறையும் வந்துவிட்டால் தக்காளி ஒருபோதும் தெருவில் கொட்டப்படாதா என்று நீங்கள் கேட்கலாம். கொட்டப்படும். ஒரே வாரத்தில் ஊரெல்லாம் விளைந்தால் அறிவியலால் விலையைத் தூக்கி நிறுத்த முடியாது. நான் கேட்பது மூன்று நான்கு நாட்கள் மட்டுமே. அந்த நாட்களில் இன்னொரு சந்தைக்குச் சரக்கை அனுப்பலாம். இன்னொரு வியாபாரியைக் கேட்கலாம்.

சுவாசித்தலைப் பள்ளியில் முளைவிடும் பயறு கொண்டு விளக்குகிறார்கள். அதனோடு இதையும் செய்து பாருங்கள். ஒரே நாளில் பறித்த, ஒரே அளவுள்ள 30 தக்காளிகளை மூன்று பங்காக்குங்கள். ஒரு பங்கு வகுப்பறை மேசையில். ஒரு பங்கு பானைக்குள் பானையில், ஈர மணலுக்கு நடுவே. மூன்றாம் பங்கை இடுப்பளவு உயரத்திலிருந்து ஒருமுறை தரையில் போட்டுவிட்டு, அதே போன்ற இன்னொரு பானையில். நாள்தோறும் ஒரே நேரத்தில் எடையையும், வெப்பநிலையையும், அழுகிய பழங்களின் எண்ணிக்கையையும் குறித்து வாருங்கள். மார்ச், ஏப்ரல் மாதங்கள் ஏற்றவை. மூன்றாம் பங்கின் கணக்கை உங்கள் ஊர்ச் சந்தையில் உள்ளவர்களிடமும் காட்டுங்கள்.