குழந்தை யாரிடம் இருந்தாலும் நிபந்தனை இருவருக்கும்தான்

2023ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் ஒரு தந்தைக்கு 6 மாதச் சிறைத் தண்டனையும் 25 லட்சம் ரூபாய் அபராதமும் விதித்தது. சொந்த மகனைத் தன்னிடமே வைத்துக்கொண்டார் என்பதுதான் அவர் மீதான புகார்.

பெற்ற பிள்ளையை வைத்திருப்பது எப்படிக் குற்றமாகும் என்று சிலர் கேட்கக்கூடும். அந்தத் தந்தை வெளிநாட்டில் வசிப்பவர். தாயும் மகனும் ராஜஸ்தானில் இருந்தனர். 2022 மே மாதம் இருதரப்பும் ஒப்புக்கொண்ட நிபந்தனைகள் நீதிமன்றத்தில் பதிவாயின. பத்தாம் வகுப்பு வரை மகன் இந்தியாவில் படிக்க வேண்டும். ஆண்டுதோறும் ஜூன் மாதம் மட்டும் தந்தையுடன் வெளிநாட்டில் இருக்கலாம். அந்த ஜூனில் வந்து அழைத்துச் சென்ற தந்தை, சொன்ன நாளில் மகனைத் திருப்பி அனுப்பவில்லை. தான் ஒப்புக்கொண்ட நிபந்தனையைத் தானே முறித்ததால் அது நீதிமன்ற அவமதிப்பாயிற்று.

தண்டனை விதித்ததோடு பிரச்சினை தீரவில்லை. அவரை இந்தியாவுக்குக் கொண்டுவர மத்திய அரசும் சிபிஐயும் நடவடிக்கை எடுக்க வேண்டும் என்று நீதிமன்றம் உத்தரவிட வேண்டியிருந்தது. எல்லை கடந்து கொண்டுசெல்லப்படும் குழந்தைகளைத் திருப்பி அனுப்புவதற்கான 1980ஆம் ஆண்டு ஹேக் உடன்படிக்கையில் இந்தியா சேரவில்லை. ஆகவே பிள்ளை விமானம் ஏறுவதற்கு முன்பே பிணைத்தொகை, திரும்பி வருவதற்கான பயணச்சீட்டு, அந்நாட்டு நீதிமன்றத்திலும் இதே உத்தரவைப் பதிவு செய்தல் போன்ற பாதுகாப்புகளைக் கேட்டுப் பெறுவதே அறிவுடைமை.

வெளிநாட்டு வழக்கு என்று இதை நாம் ஒதுக்கிவிட முடியாது. நம் ஊர்களிலும் தினமும் நிபந்தனைகள் முறிகின்றன. சந்திப்பு நாள் வந்தால் பிள்ளைக்குக் காய்ச்சல் என்பார்கள். போனை அணைத்து வைப்பார்கள். "செலவுக்குப் பணம் தரவில்லை, அதனால் காட்ட மாட்டேன்" என்பது தாயின் பேச்சு. "காட்டவில்லை, அதனால் பணம் தர மாட்டேன்" என்பது தந்தையின் பேச்சு. இரண்டுமே தவறு. ஜீவனாம்சமும் சந்திப்பும் தனித்தனி உரிமைகள். ஒன்றுக்கு ஒன்றை ஈடாகக் கழிக்க முடியாது. பெற்றோர் இருவரின் அன்பையும் பெறுவது குழந்தையின் உரிமை என்று 2020 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் ஒரு தீர்ப்பில் தெளிவுபடுத்தியது. சந்திப்பைத் தடுப்பவர் எதிர்த்தரப்பைத் தண்டிப்பதாக நினைக்கிறார். பறிபோவது பிள்ளையின் உரிமை.

உத்தரவு பாதகமாக இருந்தால் அதற்கும் வழி உண்டு. குழந்தை வளர்ப்பு குறித்த உத்தரவுகள் நிரந்தரமானவை அல்ல. சூழ்நிலை மாறினால் அதே நீதிமன்றத்தில் மனுச் செய்து மாற்றக் கேட்கலாம். மாறும் வரை அதற்குக் கட்டுப்பட்டே ஆக வேண்டும்.

"ஷரீஅத்படி 7 வயதுக்கு மேல் மகன் என்னுடையவன்" என்று கூறிப் பள்ளி வாசலிலிருந்தே பிள்ளையைத் தூக்கிச் செல்பவர்களும் உண்டு. ஹளானத் எனும் வளர்ப்புரிமையில் ஹனஃபி மத்ஹப் ஆண் குழந்தைக்கு 7 வயதையும் பெண் குழந்தைக்குப் பருவ வயதையும் வரம்பாகச் சொல்கிறது. ஷாஃபிஈ மத்ஹபில் விவரம் அறியும் வயதில் பிள்ளையே தேர்ந்துகொள்ளலாம். எந்த மத்ஹபும் பிள்ளையைப் பறித்துச் செல்ல அனுமதி தரவில்லை. மற்றவர் பார்ப்பதைத் தடுக்கவும் சொல்லவில்லை. பிள்ளையைக் காரணமாக்கித் தாய்க்கோ தந்தைக்கோ துன்பம் இழைக்கக் கூடாது என்பது அல்பகரா அத்தியாயத்தின் 233ஆம் வசனம் தரும் கட்டளை. 1890ஆம் ஆண்டின் காப்பாளர் சட்டமும் நம் தனியார் சட்டத்தைக் கருத்தில் கொண்டே குழந்தையின் நலனைப் பார்க்கிறது.

மஹல்லா ஜமாஅத்துகள் இதில் பெரும் உதவி செய்யலாம். தலாக், குலா பேசி முடிக்கும்போது "பிள்ளையை அவ்வப்போது காட்ட வேண்டும்" என்று ஒற்றை வரியில் எழுதுவதே பின்னாளில் சண்டைக்கு வித்தாகிறது. எந்த நாள், எந்த நேரம், எந்த இடம், யார் கொண்டுவந்து விடுவது, இரண்டு பெருநாட்களிலும் பள்ளி விடுமுறையிலும் யாரிடம், போனில் எப்போது பேசுவது என அனைத்தையும் எழுத வேண்டும். ஜமாஅத் தரும் எழுத்து நீதிமன்ற உத்தரவு ஆகாது. அதைக் குடும்பநல நீதிமன்றத்தில் பதிவு செய்தால்தான், மீறுபவர் மீது நடவடிக்கை எடுக்க முடியும்.

நிகாஹ் முறிந்தாலும் பெற்றோர் என்ற உறவு முறிவதில்லை. கொடுத்த வாக்கைத் தாயும் தந்தையும் காப்பாற்றுகிறார்களா என்பதைப் பிள்ளைகள் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்.