ஹலால்தான், உள்ளே என்ன இருக்கிறது?



நாம் ஓதிக்கொடுக்கும் மாலை நேர மக்தபில் சென்ற ஆண்டு ஒரு மாணவர் முப்பதாவது ஜுஸ்வை மனனம் செய்து முடித்தார். அந்த மகிழ்ச்சியில் அவருடைய தாயார் தம் கையாலேயே கேக் செய்து அனுப்பியிருந்தார். வெட்டிப் பார்த்தால் பழுப்பும் இளமஞ்சளும் பளிங்குக் கல்லின் ரேகைகளைப் போல ஒன்றினுள் ஒன்று நெளிந்தோடின. மார்பிள் கேக் என்றார்கள். பிள்ளைகளை அழைக்க வந்திருந்த பெற்றோர் சிலர், வாயில் வைப்பதற்கு முன் கேட்க வேண்டியதையெல்லாம் முறையாகக் கேட்டார்கள். வெனிலா எசன்ஸில் ஆல்கஹால் உண்டா? ஜெலட்டின் சேர்ந்திருக்கிறதா? சாக்லேட்டில் என்ன கொழுப்பு? அந்தச் சகோதரி எசன்ஸ் புட்டியின் படத்தைக்கூடக் கைப்பேசியில் அனுப்பிவைத்தார். நம் மக்களின் பேணுதலைக் கண்டு நமக்குப் பெருமையாகவே இருந்தது. பிஸ்மில்லாஹ் கூறித் துண்டுகளைப் பகிர்ந்து கொடுத்ததும் நாம்தான்.

கால் மணி நேரம்கூட ஆகவில்லை. ஏழு வயதுச் சிறுமி ஒருத்தி கழுத்தைச் சொறிந்துகொண்டு வந்து நின்றாள். உதடு தடித்துக்கொண்டே வந்தது. பிறகு வாந்தி, அதன்பின் மூச்சில் சீழ்க்கை போன்ற ஒலி. தூக்கிக்கொண்டு அருகிலிருந்த மருத்துவமனைக்கு ஓடினோம். ஊசி போட்டு, இரவு முழுவதும் வைத்துப் பார்த்து, மறுநாள் அனுப்பினார்கள். அல்ஹம்துலில்லாஹ், இன்று நலமாக இருக்கிறாள். “என்ன சாப்பிட்டாள்?” என்று மருத்துவர் கேட்டபோது “சாக்லேட் கேக்” என்றுதான் நம்மால் சொல்ல முடிந்தது. செய்தவருக்குத் தொலைபேசியில் பேசிய பிறகே அந்த இளமஞ்சள் பகுதியில் பீநட் பட்டர் கலந்திருந்தது தெரியவந்தது.

அச்சிறுமிக்கு நிலக்கடலை ஆகாது என்று சேர்க்கும் நாளிலேயே தாயார் சொல்லியிருந்தார். மக்தபின் பதிவேட்டில் அது நம் கையெழுத்திலேயே இருக்கிறது. “ஹஜ்ரத், உங்களிடம் சொல்லித்தானே விட்டேன்” என்று மருத்துவமனை வராந்தாவில் அவர் கேட்டபோது நம்மிடம் விடை இல்லை. கேக் என்று கண்டதும் கடலை என்ற எண்ணமே நமக்கு எழவில்லை என்பதுதான் உண்மை.

அந்த எண்ணம் ஏன் எழவில்லை என்பதை அறிய, சில வாரங்கள் கழித்து அதே கேக்கை நம் வீட்டிலேயே செய்து பார்த்தோம். செய்தது மகள்; அளந்து கொடுத்ததும் பாத்திரம் கழுவியதும் நாம். (சமையலறையில் ஹஜ்ரத்துக்கு என்ன வேலை என்று கேட்பவர்கள், நபி (ஸல்) அவர்கள் வீட்டில் தம் குடும்பத்தாரின் பணிகளில் ஈடுபட்டிருப்பார்கள் என்று அன்னை ஆயிஷா (ரலி) அறிவித்ததைப் புகாரியில் காண்க.) 100 கிராம் வெண்ணெயையும் 150 கிராம் சர்க்கரையையும் நுரைக்க அடித்து, 3 முட்டைகளை ஒவ்வொன்றாகச் சேர்த்தோம். 180 கிராம் மைதாவையும் ஒன்றரைத் தேக்கரண்டி பேக்கிங் பவுடரையும் சலித்து, 100 மில்லி பாலோடு மாறி மாறிக் கலந்தோம். பின் மாவை இரண்டாகப் பிரித்தோம். ஒரு பங்கில் 25 கிராம் கொக்கோத் தூளும் கூடுதலாக இரண்டு மேசைக்கரண்டி பாலும் சென்றன. கொக்கோ ஈரத்தை இழுத்துக்கொள்வதால், பால் கூட்டாவிட்டால் அந்தப் பகுதி வறண்டுபோகும். மறு பங்கில் 100 கிராம் பீநட் பட்டர். அது கெட்டியாக இருந்ததால் சூடான நீரில் கிண்ணத்தை வைத்து இளக்கிக் கலந்தோம்.

இரண்டு மாவையும் தகரத்தில் மாற்றி மாற்றிக் கரண்டியால் இட்டு, கத்தி முனையால் மூன்று நான்கு முறை மட்டும் சுழற்ற வேண்டும். மகள் ஆசையில் பத்து முறை சுழற்றிவிட்டாள். முதல் கேக் பளிங்காக வராமல் ஒரே மண் நிறமாக வந்தது. இரண்டாவது சரியாக வந்தது. 170 பாகை சூட்டில் நாற்பது நிமிடங்களுக்குச் சற்று மேல். அவன் இல்லாத வீட்டில் குக்கரில் உப்பைப் பரப்பி, வெயிட்டையும் காஸ்கெட்டையும் கழற்றிவிட்டுச் சிறு தீயில் வைத்தால் போதும். ஏறத்தாழ ஐம்பது நிமிடங்கள் ஆகும்.

ஆறியபின் ஒரு துண்டைக் கையில் எடுத்துப் பார்த்தோம். கடலையின் சுவடே இல்லை. பர்ஃபியிலோ கடலை மிட்டாயிலோ பருப்பு கண்ணுக்குத் தெரியும், பல்லில் படும். இங்கே அது அரைபட்டு, மாவில் கரைந்து, வெனிலா கேக்கின் நிறத்தையே பெற்றுவிடுகிறது. கொக்கோவின் மணம் அதன் மணத்தை மூடுகிறது. வேகும்போது கடலையின் தன்மை போய்விடும் என்று நாமும் எண்ணியிருந்தோம், அதுவும் தவறு. ஒவ்வாமையைத் தூண்டும் கடலைப் புரதங்கள் அடுப்புச் சூட்டைத் தாங்குபவை. வறுப்பது சில வேளை அவற்றின் வீரியத்தைக் கூட்டவும் செய்யும்.

இப்போது நாம் சொல்ல வந்ததைச் சொல்கிறோம். உணவு பற்றிய நம் கேள்விகள் எல்லாம் ஒரே பக்கம் சாய்ந்துவிட்டன. அல்பகரா அத்தியாயத்தின் 168ஆம் வசனம், பூமியில் உள்ளவற்றில் ஹலாலானதை, தய்யிபானதை உண்ணுமாறு மனித குலம் முழுவதையும் அழைக்கிறது. சொற்கள் இரண்டு. முதலாவதற்கு நாம் புட்டியின் படம் வரை கேட்கிறோம். இரண்டாவதை “சுத்தமானது” என்று மொழிபெயர்த்துவிட்டுக் கடந்துவிடுகிறோம். ஒருவருக்கு நல்லுணவாக இருப்பது இன்னொருவரின் மூச்சை அடைக்குமானால், அவருக்கு அது எப்படித் தய்யிபாகும்?

அன்னை மைமூனா (ரலி) அவர்களின் இல்லத்தில் நடந்ததை ஹதீஸ் வகுப்பில் எத்தனையோ முறை பாடம் நடத்தியிருக்கிறோம். பொரித்த உடும்பு இறைச்சி கொண்டுவந்து வைக்கப்பட்டது. நபி (ஸல்) அவர்கள் அதை நோக்கிக் கையை நீட்டினார்கள். அப்போது அங்கிருந்த பெண்களிடமிருந்து ஒரு குரல் எழுந்தது: முன்னால் வைத்திருப்பது என்ன என்பதை அல்லாஹ்வின் தூதருக்குச் சொல்லுங்கள். உடும்பு என்று அறிந்ததும் அவர்கள் கையை எடுத்துக்கொண்டார்கள். ஹராமா என்று காலித் பின் வலீத் (ரலி) கேட்க, இல்லை, தம் சமூகத்தாரின் ஊரில் அது இருக்கவில்லை, எனவே மனம் ஒப்பவில்லை என்ற பொருளில் விடை கூறினார்கள். காலித் (ரலி) அதைத் தம் பக்கம் இழுத்து உண்டார்கள். நபி (ஸல்) பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

உடும்பு ஹலாலா என்ற சட்டத்துக்கே இந்த நிகழ்ச்சியை எப்போதும் எடுத்துக்காட்டுவோம். அந்தப் பெண்மணியின் குரலைப் பற்றி நாம் ஒருநாளும் பாடம் நடத்தியதில்லை. கை உணவைத் தொடுவதற்கு முன் எழுந்த குரல் அது. பரிமாறப்பட்டது ஹலால்தான் என்றபோதிலும், உண்பவருக்கு அது என்னவென்று அறியும் உரிமை உண்டு என்பதை அவர்கள் உணர்ந்திருந்தார்கள். மக்தபில் அன்று அந்தக் குரல் நம்முடையதாக இருந்திருக்க வேண்டும்.

இதைப் பேசியபோது மறுப்புகளும் வந்தன. “எங்கள் காலத்தில் அலர்ஜி என்று ஒன்று ஏது?” என்றார் ஒரு பெரியவர். மல்லாட்டையை மடியில் கட்டிக்கொண்டு காடு கழனியில் திரிந்தவர். அவர் சொல்வது அவரளவில் உண்மை. அன்று மூச்சு முட்டி இறந்த குழந்தைக்கு யாரும் காரணம் தேடவில்லை, கண்ணேறு என்று சொல்லி அடக்கிவிட்டோம் என்பதையும் அவரே சற்று நேரம் கழித்துச் சொன்னார். இன்னொருவர், பிஸ்மில்லாஹ் சொல்லி உண்டால் எதுவும் தீங்கு செய்யாது என்றார். அச்சிறுமியும் பிஸ்மில்லாஹ் சொல்லித்தான் உண்டாள். ஒட்டகத்தைக் கட்டிவைத்துவிட்டுத் தவக்குல் வைக்கச் சொன்ன மார்க்கம் இது.

கடலையை வீட்டிலிருந்தே விரட்டுங்கள் என்று நாம் சொல்லவில்லை. ஏழைக்கும் எட்டுகிற புரதம் அது, பிள்ளைகளுக்கு நல்லது. ஒவ்வாமைக்கு வாய்ப்பு மிகுந்த கைக்குழந்தைகளுக்கு மருத்துவ மேற்பார்வையில் சிறு வயதிலேயே கடலை உணவைக் கொடுத்துவந்தால் பின்னாளில் ஒவ்வாமை வருவது பெரிதும் குறைகிறது என்று 2015இல் வெளியான லண்டன் ஆய்வொன்று காட்டியது. ஆனால் ஒவ்வாமை வந்துவிட்ட பிள்ளைக்கு “கொஞ்சம் கொடுத்துப் பழக்குவோம்” என்று நாமாக இறங்குவது ஆபத்து. உதடு, நாக்கு வீங்கி மூச்சுத் திணறினால் அரிப்பு மாத்திரையைக் கொடுத்துக் காத்திருக்கவும் கூடாது. அட்ரினலின் ஊசிதான் அதற்கு முதல் மருந்து, அது கிடைக்கும் இடத்துக்கு உடனே செல்ல வேண்டும். இதை நமக்கு அந்த மருத்துவர் சொல்லித்தந்தார். ஓர் ஆசிரியருக்கு இது தெரிந்திருக்க வேண்டும். அன்று வரை நமக்குத் தெரியாது.

கடையில் விற்கும் பொட்டலத்தில் பால், முட்டை, நிலக்கடலை போன்றவை இருந்தால் அதை அச்சிட வேண்டும் என்று இந்திய உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் 2020ஆம் ஆண்டு விதிமுறை கூறுகிறது. அண்டை வீட்டுத் தட்டுக்கு அந்த அச்சு கிடையாது. ஆணம் காய்ச்சினால் தண்ணீரைக் கூட்டி அண்டை வீட்டாரையும் கவனிக்குமாறு அபூதர் (ரலி) அவர்களுக்கு இடப்பட்ட ஏவலை நாம் விடப்போவதில்லை. பெருநாளிலும் வலீமாவிலும் தட்டுகள் வீடுவீடாகச் செல்லத்தான் போகின்றன. தட்டைக் கொடுக்கும் கையோடு “இதில் கடலை இருக்கிறது” என்று நாவும் ஒரு சொல் சொல்லட்டும். வெட்டும் கத்தியும் வேறாக இருக்கட்டும். கடலை கேக்கை வெட்டிய கத்தியில் ஒட்டியிருக்கும் துணுக்கே சில பிள்ளைகளுக்குப் போதுமானது.

அந்தச் சகோதரியைப் பற்றியும் சொல்ல வேண்டும். அவர் மீது குற்றமில்லை. பதிவேடு இருந்தது நம்மிடம். ஆனாலும் சிலர் பேசிய பேச்சில் மனம் நொந்து, ஓராண்டாக மக்தபுக்கு எதையும் அனுப்பாமல் இருந்தார். வீட்டாரை அழைத்துக்கொண்டு அவர் வீட்டுக்குச் சென்று, தவறு நம்முடையது என்று அவருடைய கணவர் முன்னிலையில் சொல்லி மன்னிப்புக் கேட்டோம். அந்தப் பேச்சின் நடுவே மதீனத்துக் கடைவீதியில் நடந்தது நினைவுக்கு வந்தது. தானியக் குவியலுக்குள் நபி (ஸல்) அவர்கள் கையை விட்டபோது விரல்களில் ஈரம் பட்டது. மழை நனைத்துவிட்டது என்றார் வணிகர். மக்கள் பார்க்கும்படி அதை மேலே வைத்திருக்கக் கூடாதா என்று கேட்டார்கள். இந்தச் சகோதரி எதையும் மறைக்கவில்லை, கேட்டிருந்தால் சொல்லியிருப்பார். ஆயினும் மேலே வைப்பது என்ற அந்தச் சொல் நம் இருவர் மனத்திலும் தங்கிவிட்டது.

சென்ற மாதம் அவரிடமிருந்து இரண்டு டப்பாக்கள் வந்தன. ஒன்றில் வெனிலாவும் கொக்கோவும் மட்டுமான மார்பிள் கேக். மூடியில் அச்சிறுமியின் பெயர். மற்றதில் அதே பீநட் பட்டர் கேக். அதன் மேற்பரப்பு முழுவதும் வறுத்த நிலக்கடலையை ஒன்றிரண்டாக உடைத்துத் தூவியிருந்தார்.