ஒத்துக்கிட்டீங்கல்ல, பொறகு என்ன?

நிலத்தைக் கொடுக்கச் சம்மதமா என்று அரசாங்கம் நம் சனங்களிடம் எந்தக் காலத்திலும் கேட்டதில்லை. எடுப்பது என்று முடிவான பிறகு, இந்த விலைக்குச் சம்மதமா என்று மட்டும் கேட்கிறது. இரண்டாவது கேள்விக்கு நாம் வைக்கிற கைநாட்டைத் தூக்கிக் காட்டி, முதல் கேள்விக்கும் பதில் வாங்கியாச்சு என்று கோர்ட்டில் போய்ச் சொல்கிறது. கூடுதல் இழப்பீடு கேட்டு யாராவது வாயைத் திறந்தால், "ஒத்துக்கிட்டீங்கல்ல, பொறகு என்ன?" என்கிறது. இந்த 'ஒத்துக்கிட்டீங்கல்ல' என்பதற்குள் என்ன இருக்கிறது என்று பிரித்துப் பார்த்தாக வேண்டும்.

முதலில் சட்டம். வெள்ளைக்காரன் போட்ட 1894ஆம் வருசத்து நிலமெடுப்புச் சட்டத்தில் 1984இல் ஒரு உட்பிரிவைச் சேர்த்தார்கள். நிலத்துக்காரர்கள் எழுத்துமூலம் ஒத்துக்கொண்டால், மேற்கொண்டு விசாரணை இல்லாமல் அந்தத் தொகைக்கே தீர்வம் போட்டுவிடலாம். அதே சட்டத்தின் 18ஆம் பிரிவு, தொகை போதாது என்பவர்கள் நீதிமன்றத்துக்குப் போக வழி வைத்திருந்தது. 31ஆம் பிரிவு அந்த வழியில் முள்ளைப் போட்டது. பணத்தை 'ஆட்சேபணையுடன்' வாங்காதவர்களுக்கு 18ஆம் பிரிவு கிடையாது. 1995இல் குஜராத் அரசின் வழக்கிலும், 2005இல் கர்நாடக அரசின் வழக்கிலும் உச்சநீதிமன்றம் இதையே உறுதி செய்தது: ஒப்பந்தம் போட்டவர் கூடுதல் கேட்டு வரமுடியாது. 2013இன் புதுச் சட்டத்திலும் 64ஆம் பிரிவு, தீர்வத்தை ஏற்றுக்கொள்ளாதவர்களுக்குத்தான் மேலே போகிற உரிமையைக் கொடுக்கிறது.

தமிழ்நாட்டில் சிப்காட்டுக்கு நிலம் எடுப்பது வேறு சட்டம், 1997ஆம் வருசத்துத் தொழில் நோக்கங்களுக்கான நிலமெடுப்புச் சட்டம். அதிலும் இதே கதைதான். விலைக்கு ஒத்துக்கொண்டால் ஒத்துக்கொண்ட தொகை, இல்லையென்றால் கலெக்டர் நிர்ணயிப்பார், அதற்குப் பிறகுதான் கோர்ட்டு. 2013இன் சட்டம் சமூகத் தாக்க மதிப்பீடு, தனியார் திட்டங்களுக்கு நிலத்துக்காரர்களின் ஒப்புதல் என்று சிலவற்றைக் கொண்டுவந்தது. நம் மாநில அரசு 2014இலேயே திருத்தம் போட்டு, தன் மூன்று சட்டங்களை அதிலிருந்து விலக்கிக்கொண்டது. 2019இல் சென்னை உயர்நீதிமன்றம் அந்தத் திருத்தத்தை அடித்துப்போட்டது. அதே வருசம் புதுச் சட்டம் போட்டு அரசு உயிர் கொடுத்தது. 2021இல் உச்சநீதிமன்றம் செல்லும் என்றது. ஆக, இழப்பீட்டுக் கணக்கு 2013இன்படி வரும். எடுக்கலாமா என்கிற ஒப்புதல் வராது. விலைக்குச் சம்மதம் உண்டு, எடுப்பதற்குச் சம்மதம் கிடையாது. இதுதான் சூட்சுமம்.

எங்கள் கடற்கரைக்கு இந்தச் சூட்சுமம் புதிதல்ல. 1961இல் கடைசி முத்துக்குளிப்பு நடந்த ஊர் தூத்துக்குடி. அங்கே சிப்பியைத் திறக்காமலே ஏலம் விடுவார்கள். உள்ளே முத்தா சொத்தையா என்று வாங்குகிறவனுக்கும் தெரியாது, விற்கிறவனுக்கும் தெரியாது. நிலமெடுப்பில் அந்த நியாயம்கூட இல்லை. விற்கிறவனுக்கு மட்டும்தான் சிப்பி மூடியிருக்கிறது. எந்தக் கம்பெனி வருகிறது, ரோடு எந்தப் பக்கம் போகிறது, அஞ்சு வருசத்தில் இந்த மண் என்ன விலைக்குப் போகும் என்பதெல்லாம் வாங்குகிறவனுக்கு முன்கூட்டியே தெரியும். எழுபதுகளில் புதுத் துறைமுகம், ஸ்பிக், கனநீர் ஆலை, அனல்மின் நிலையம் என்று வந்தது. பிறகு சிப்காட். 2024இல் சில்லாநத்தம் சிப்காட்டில் சுமார் 400 ஏக்கரில் வின்ஃபாஸ்ட் கார் ஆலைக்கும், குலசேகரப்பட்டினத்தில் 2,200 ஏக்கருக்கு மேல் ராக்கெட் தளத்துக்கும் அடிக்கல் நட்டார்கள். வானம் பார்த்த கரிசலும் தேரியும் உப்பளமும்தான் இங்கே நிலம். "தரிசுதானே, உடை முளைச்சுக் கிடக்கு" என்கிறார்கள். அந்தத் தரிசில்தான் நம் ஆட்கள் ஆடு மேய்த்தார்கள், விறகு வெட்டினார்கள், மழை பெய்த வருசம் கம்பு விதைத்தார்கள்.

ஒரு விலைப் பேச்சுவார்த்தையில் நான் உட்கார்ந்திருக்கிறேன். எந்தத் திட்டம், எந்த அலுவலகம் என்பது இங்கே முக்கியமில்லை. கல்யாண மண்டபம். முன்வரிசை நாற்காலிகளில் ஊர்ப் பெரிய மனுசர்கள். நம் தெருச் சனங்க வாசல் பக்கம் நின்றுகொண்டிருந்தார்கள். அதிகாரி முன்வரிசையோடு பேசினார், முன்வரிசையோடு பேரம் படிந்தது, பின்னால் நின்றவர்களிடம் பேப்பர் நீட்டப்பட்டது. நீட்டியதும் கடைசிப் பக்கத்தை மட்டும்தான். முழுசும் வாசித்துக் காட்டுங்கள் என்று எழுந்து கேட்டேன். "நீ யாருப்பா, உனக்கு இதில் நிலம் இருக்கா?" என்றார்கள். ரெண்டு ஏக்கர் புன்செய்க்காரியான ஒரு கிழவி கேட்டாள்: "ஐயா, இதுல கைநாட்டு வச்சா பொறவு கோர்ட்டுக்குப் போவ முடியாதுன்னு சொல்லுதாவளே, நெசமா?" பதில் வந்தது: "அதெல்லாம் உனக்கு எதுக்கும்மா? செக்கு வேணுமா, வேண்டாமா?" பேரம் பேசிய முன்வரிசையில் இரண்டு பேர் அந்த ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடவில்லை. அவர்களுக்கு வக்கீல் இருந்தார்.

இதைத்தான் 'சம்மதம்' என்கிறார்கள். கந்துக்கடனும், மக கல்யாணமும், இன்றைக்கு வாங்காவிட்டால் பணம் கோர்ட்டில் போய் முடங்கிவிடும் என்ற மிரட்டலும் சேர்ந்து பிடித்து வைக்கிற பெருவிரலுக்குப் பெயர் சம்மதமா?

அடுத்தது விலை. பக்கத்து நிலங்களின் கிரயப் பத்திரங்களைப் பார்த்துச் சந்தை மதிப்பு போடுகிறார்கள். கேட்பதற்கு நியாயம். சேரியை ஒட்டின நிலத்தை எந்த ஆதிக்கசாதிக்காரன் வந்து நல்ல விலைக்கு வாங்கியிருக்கிறான்? நம் ஆள் அவசரத்துக்கு விற்ற அடிமாட்டு விலைதான் பத்திரத்தில் ஏறியிருக்கிறது. தீண்டாமை போட்ட விலையைச் சந்தை போட்ட விலை என்று அரசாங்கம் எழுதிக்கொள்கிறது. அதற்கு நம்மிடமே கையெழுத்தும் வாங்கிக்கொள்கிறது.

மறுபக்கத்தையும் பாருங்கள். நமக்கு வீட்டுமனை கொடுக்க நிலம் எடுப்பதற்கென்று 1978இல் ஒரு சட்டம் வந்தது. நிலத்துக்காரர்கள் ஒத்துக்கொண்டு செக்கு வாங்கிப் போனார்களா? உச்சநீதிமன்றம் வரைக்கும் இழுத்தார்கள். சட்டம் நின்றது. ஆனால் இழப்பீட்டைத் தவணையில் கொடுக்கலாம் என்ற பிரிவை உடைத்துவிட்டுத்தான் ஓய்ந்தார்கள். கோர்ட்டுக்குப் போனது அவர்கள் உரிமை, அதைக் குறை சொல்லவில்லை. நமக்கு மூணு சென்ட் வரும்போது அவர்களுக்கு இருக்கிற கோர்ட்டு, நம் மூணு ஏக்கர் போகும்போது நமக்கு ஏன் இல்லை என்பதுதான் கேள்வி.

ஒப்பந்தம் என்றால் முடிவு வேண்டாமா, ஆயிரம் பேர் ஆயிரம் வழக்குப் போட்டால் எந்தத் திட்டம் நடக்கும் என்று கேட்பார்கள். சரி, நீதிமன்றங்களே சொன்னதை எடுத்துக்கொள்வோம். 1985இல் பம்பாய் நடைபாதைவாசிகள் வழக்கில், அடிப்படை உரிமையை யாரும் எழுதிக்கொடுத்து இழந்துவிட முடியாது என்றது உச்சநீதிமன்றம். 1986இல் மத்திய உள்நாட்டு நீர்ப்போக்குவரத்துக் கழக வழக்கில், பேரம் பேசும் பலமே இல்லாதவன் பலசாலியோடு போட்ட அநியாய ஒப்பந்தம் செல்லாது என்றது. 2004இல் ஆந்திர உயர்நீதிமன்றம் இன்னும் நமக்குப் பக்கத்தில் வந்தது. அரசு ஒப்படை செய்த நிலத்தைத் திரும்ப எடுத்தால் இழப்பீடு கிடையாது என்று பட்டாவிலேயே நிபந்தனை இருந்தாலும், பட்டாதாரருக்குச் சமமான இழப்பீடு கொடுத்தாக வேண்டும் என்றது. ஏழை ஒத்துக்கொண்ட நிபந்தனை என்பதாலேயே அது நியாயமாகிவிடாது என்று நீதிமன்றத்துக்கே தெரிகிறது. நிலமெடுப்பு ஒப்பந்தம் என்று வரும்போது மட்டும் அந்தக் கண் ஏன் மூடிக்கொள்கிறது?

முடிவு என்பதும் யாருக்கு? 2018 மே 22 துப்பாக்கிச்சூட்டுக்குப் பிறகு, ஸ்டெர்லைட் விரிவாக்கத்துக்கு ஒதுக்கிய 342 ஏக்கர் ஒதுக்கீட்டைச் சிப்காட் ரத்து செய்தது. கம்பெனிக்குப் பணம் விதிப்படி திருப்பித் தரப்படும் என்றார்கள். நிலம் சிப்காட்டிடமே வந்தது. அதற்கு முன்னால் அந்த மண்ணை உழுதவர்களை யாரும் கூப்பிட்டுக் கேட்கவில்லை. கம்பெனியின் ஒப்பந்தத்துக்கு ரத்து உண்டு, திருப்பித் தருவது உண்டு. விவசாயியின் ஒப்பந்தம் மட்டும் கல்லில் வெட்டினது.

இன்னும் ஒன்று, இதுதான் பெரிய திருட்டு. 1892இல் நமக்கென்று ஒதுக்கிய பஞ்சமி நிலத்தை மற்ற சாதியாருக்கு மாற்றக் கூடாது. மாற்றிவிட்டார்கள். மீட்கக் கேட்டதற்கு 1994 அக்டோபர் 10 அன்று செங்கல்பட்டில் ஜான் தாமஸும் ஏழுமலையும் குண்டுக்குப் பலியானார்கள். அப்படிப் பறிபோன நிலத்தை அரசு எடுக்கும்போது, இன்றைய பட்டாவில் பேர் உள்ளவன் ஒத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டுப் பணத்தை எண்ணிக்கொண்டு போவான். திருடினவனும் அரசாங்கமும் போடுகிற ஒப்பந்தத்தில் திருட்டு கணக்கில்லாமல் கரைந்துவிடும். பட்டாவே இல்லாத கூலிக்காரர், அளத்து வேலைக்காரர் பேர் எந்த ஒப்பந்தத்திலும் வராது.

தோழர்களே, செய்ய வேண்டியதைச் சொல்கிறேன். ஒப்பந்தம் தமிழில், ஒரு மாசம் முன்னால், கிராமசபையில் வாசிக்கப்பட வேண்டும். 1987ஆம் வருசத்துச் சட்டப்பணிகள் சட்டப்படி தலித்துகளுக்கும் பழங்குடிகளுக்கும் வருமான வரம்பில்லாமல் இலவச வக்கீல் உண்டு. அந்த வக்கீல் பக்கத்தில் இல்லாமல் வாங்கிய கைநாட்டு செல்லாது என்று விதி வர வேண்டும். பக்கத்து வயல்காரனுக்குக் கோர்ட்டு விலையை உயர்த்தினால், கையெழுத்துப் போட்டவனுக்கும் அதே விலை கொடுக்க வேண்டும். பணம் கொடுப்பதற்கு முன்னால் அந்த சர்வே எண் பஞ்சமியா என்று பழைய பதிவேட்டைப் பார்த்தாக வேண்டும். 2013 சட்டத்தின் இரண்டாம் அட்டவணை, நிலம் இழக்கிற தலித்துக்கு எடுத்த அளவோ இரண்டரை ஏக்கரோ, இதில் குறைவானதை நிலமாகவே கொடு என்கிறது. அந்த அட்டவணை சிப்காட் சட்டத்துக்கும் பொருந்தும். ஒவ்வொரு பேச்சுவார்த்தையிலும் முதல் கேள்வியாக அதைக் கேளுங்கள்.

அதுவரைக்கும் ஊர் ஊராகப் போய்ச் சொல்லுங்கள்: கடைசிப் பக்கத்தில் மட்டும் கைநாட்டு வைக்காதீங்க. ஒப்பந்தத்துக்கு ஒத்துக்காதவங்க, செக்கு வாங்கும்போது 'ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்' என்று எழுதிட்டு வாங்குங்க. எழுதத் தெரியாத நம் ஆத்தாமார் பக்கத்தில் நின்று எழுதிக் கொடுக்கத்தான் நாம் படித்திருக்கிறோம்.