ஹீட் பம்ப்: 75% மின்சாரம் மிச்சம் என்பது உண்மைதான், திண்டிவனத்து வீட்டுக்கு அது எத்தனை ரூபாய்?

லண்டனில் இருக்கும் சித்தப்பா வீட்டில் கேஸ் பாய்லரைக் கழற்றிவிட்டு ஹீட் பம்ப் மாட்டுகிறார்கள். டொராண்டோவில் இருக்கும் அக்கா வீட்டில் ஃபர்னஸை மாற்றலாமா என்று பேச்சு. குடும்ப வாட்ஸ்அப் குழுவில் இதெல்லாம் ஓடிக்கொண்டிருக்கும்போதே, விழுப்புரத்திலும் திண்டிவனத்திலும் புதுசா வீடு கட்டுகிறவர்களிடம் 'கீசர் வேண்டாம் சார், ஹீட் பம்ப் போடுங்க, முக்கால்வாசி கரண்ட் மிச்சம்' என்ற பேச்சு வரத் தொடங்கியிருக்கிறது. நம்ம ஊரில் வீட்டைச் சூடாக்க வேண்டிய அவசியமே இல்லை. மார்கழி விடியலிலும் 20 டிகிரியை ஒட்டித்தான் இருக்கும். சூடாக வேண்டியது குளிக்கிற தண்ணீர் மட்டும். அதற்கு இந்த மெஷின் தேவையா?

முதலில் அது என்ன செய்கிறது என்று பார்க்கலாம். உங்கள் வீட்டு ஏசியே ஒரு ஹீட் பம்ப்தான். அறைக்குள் இருக்கும் சூட்டை அள்ளிக்கொண்டு போய் வெளியே கொட்டுகிறது. அவுட்டோர் யூனிட் பக்கத்தில் நின்றால் முகத்தில் அடிக்கிற அனல் அதுதான். இதையே திருப்பிப் போட்டால், வெளிக்காற்றில் இருக்கும் சூட்டை இழுத்து வந்து தண்ணீர்த் தொட்டியில் இறக்கும். மின்சாரம் செலவாவது சூட்டை உண்டாக்க அல்ல, கம்ப்ரஸரையும் விசிறியையும் ஓட்ட. அதனால் ஒரு யூனிட் மின்சாரத்துக்கு மூன்று யூனிட், நம்ம ஊர் வெக்கையில் சில நேரம் நான்கு யூனிட் வெப்பம்கூடக் கிடைக்கும்.

கீசரில் ஒரு யூனிட்டுக்கு ஒரு யூனிட் வெப்பம்தான், அதற்கு மேல் வழியே இல்லை. பாய்லரும் ஃபர்னஸும் எரிபொருளை எரிப்பவை. எவ்வளவு நல்ல பாய்லராக இருந்தாலும் எரிக்கிற கேஸில் உள்ள வெப்பத்தில் பத்தில் ஒன்பது பங்கு கைக்கு வந்தால் பெரிய விஷயம். பாட்டி வீட்டுச் செம்பு பாய்லரில் பாதிக்கும் மேல் புகையோடு போய்விடும். (கீசரில் ஒட்டியிருக்கும் ஐந்து நட்சத்திரத்தைப் பார்த்து ஏமாறவும் வேண்டாம். சூடான தண்ணீர் எவ்வளவு நேரம் ஆறாமல் இருக்கும் என்பதற்கான மார்க் அது. சூடாக்க ஆகிற மின்சாரம் ஒரு நட்சத்திரத்துக்கும் ஐந்து நட்சத்திரத்துக்கும் ஒன்றுதான்.)

ஆக, கடைக்காரர் சொல்கிற சதவீதத்தில் பெரிய பொய் இல்லை. கேள்வி, எதில் முக்கால்வாசி என்பதுதான்.

நாலு பேர் குளிக்கிற கணக்கு

நான்கு பேர் உள்ள வீட்டில் காலையில் ஐந்து பக்கெட், அதாவது 100 லிட்டர் வெந்நீர் செலவாகிறது என்று வைத்துக்கொள்வோம். டேங்க் தண்ணீர் 26 டிகிரி. குளிக்க 40 டிகிரி போதும். 14 டிகிரி ஏற்ற வேண்டும். அதற்குத் தேவை சுமார் 1.6 யூனிட். குழாயிலும் தொட்டியிலும் ஆறிப்போவதைச் சேர்த்தால் 2 யூனிட். மின்வாரியம் பில் போடுகிற இரண்டு மாதத்துக்கு 120 யூனிட். ஹீட் பம்ப் இதையே 40 யூனிட்டில் முடித்துவிடும். மிச்சம் 80 யூனிட்.

80 யூனிட் எத்தனை ரூபாய் என்பது உங்கள் பில் எந்த இடத்தில் நிற்கிறது என்பதைப் பொறுத்தது. தமிழ்நாட்டில் முதல் 100 யூனிட் இலவசம். இரண்டு மாதத்தில் 500 யூனிட்டைத் தாண்டினால் கீழ்ப் படியில் இருந்த சலுகைக் கட்டணமும் போய், 500க்கு மேல் வருகிற ஒவ்வொரு யூனிட்டுக்கும் 8 ரூபாய்க்கு மேல் கட்ட வேண்டும். ஏசி ஓடும் வீடுகள் இந்தக் கோட்டைத் தாண்டுவது கோடையில். கீசர் ஓடுவது குளிர்காலத்தில். அதனால் பெரும்பாலான வீடுகளில் அந்த 80 யூனிட் நாலைந்து ரூபாய்ப் படியில்தான் விழும். கார்த்திகை முதல் மாசி வரை இரண்டு பில். மற்ற மாதங்களில் வெந்நீர் தேவை குறைவு. சித்திரை, வைகாசியில் மத்தியானம் குழாயைத் திறந்தால் மொட்டை மாடி டேங்க் தண்ணீரே கை சுடுகிற மாதிரி வரும். தாராளமாகப் போட்டாலும் வருடத்துக்கு 2,000 ரூபாய் மிச்சம்.

நல்ல கீசர் பத்தாயிரத்துக்குள் கிடைக்கிறது. வீட்டுக்கான ஹீட் பம்ப் பொருத்தும் கூலியோடு லட்சத்தை ஒட்டி வந்துவிடும். 90,000 ரூபாய் கூடுதலாகப் போட்டு வருடம் 2,000 எடுத்தால் 45 வருஷம் ஆகும். மெஷின் அத்தனை வருஷம் உழைக்காது. அந்தப் பணத்தை ஹோம் லோனில் சேர்த்து வாங்கினால், வட்டியே மிச்சத்தை விழுங்கிவிடும்.

திண்டிவனத்தில் தனி வீடு கட்டுகிறவருக்கு ஹீட் பம்ப் தேவையில்லை. மொட்டை மாடி சொந்தம் என்றால் சோலார் வாட்டர் ஹீட்டர் இதைவிட மலிவு, பில்லும் கிடையாது. ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் அது சோர்ந்துபோகும். அந்தச் சில நாட்களுக்கு ஒரு சின்ன கீசர் போதும். போர்வெல் தண்ணீரில் உப்பு அதிகம் உள்ள தெருவாக இருந்தால் சோலாரோ கீசரோ எதுவானாலும் உள்ளே படிவு பிடிக்கும், வருஷத்துக்கு ஒருமுறை சுத்தம் செய்ய ஆள் கூப்பிட வேண்டியிருக்கும்.

அப்படியானால் லண்டனில் ஏன்?

அங்கே குளிக்க மட்டுமல்ல, அக்டோபர் முதல் ஏப்ரல் வரை வீடு முழுவதையும் சூடாக வைக்க வேண்டும். செலவு பெரிது, அதனால் மிச்சமும் பெரிது. இங்கிலாந்திலும் வேல்ஸிலும் அரசு 7,500 பவுண்டு மானியம் தருகிறது. அப்படியும் தயக்கம் இருக்கிறது. அங்கே மின்சாரம் ஒரு யூனிட் விலை கேஸைப் போல சுமார் நான்கு மடங்கு. மெஷின் மூன்று மடங்கு திறமையாக வேலை செய்தும் பில் பெரிதாக இறங்காத வீடுகள் உண்டு. நார்வேயில் மின்சாரத்தின் பெரும்பகுதி நீர்மின்சாரம். அங்கே பாதிக்கும் மேற்பட்ட வீடுகளில் ஹீட் பம்ப் வந்துவிட்டது. பனிப் பிரதேசத்தில் இது ஓடாது என்று சொல்பவர்களுக்கு ஆஸ்லோ தமிழர் வீடுகளே பதில். தமிழ்நாட்டில் இந்தக் கேள்வி ஊட்டி, கொடைக்கானலுக்குப் பொருந்தும். அங்கே ரூம் ஹீட்டருக்குப் பதில் சூடும் குளிரும் தருகிற ஏசி போடுவது புத்திசாலித்தனம்.

நம்ம ஊரில் யாருக்கு?

100 பேர் தங்கும் ஒரு விடுதியை எடுத்துக்கொள்ளுங்கள். ஆளுக்கு ஒரு பக்கெட், 20 லிட்டர். தினம் 2,000 லிட்டர். கீசரில் 40 யூனிட், ஹீட் பம்ப்பில் 13. வருஷத்தில் 300 நாள் ஓடினால் 8,000 யூனிட் மிச்சம். யூனிட் 8 ரூபாய் என்றால் 64,000 ரூபாய். சில லட்ச ரூபாய் மெஷின் சில வருஷங்களில் போட்ட காசை எடுத்துவிடும். லாட்ஜ், தனியார் மருத்துவமனை, திருமண மண்டபம் நடத்துகிறவர்கள் கடைக்காரர் பேச்சைக் காது கொடுத்துக் கேட்கலாம்.

அரசு மாணவர் விடுதிகளும், முண்டியம்பாக்கம் மருத்துவக் கல்லூரி மருத்துவமனை மாதிரியான இடங்களும் இந்தக் கணக்கில் முதலில் வர வேண்டியவை. பிரசவ வார்டுக்கு வெந்நீர் ஆடம்பரம் இல்லை. ஆனால் டெண்டரில் வாங்குகிற விலை மட்டும் ஒப்பிடப்பட்டால் கீசர்தான் ஜெயிக்கும். வாங்குகிற செலவு ஒரு தலைப்பில், கரண்ட் பில் வேறொரு தலைப்பில் போகும்வரை பத்து வருஷச் செலவைக் கூட்டிப் பார்க்க யாருக்கும் காரணம் இருக்காது. மானியம் என்று ஒன்று வந்தால் அது தனி வீட்டுக்குப் போகாமல் இங்கே போகட்டும்.

பாய்லரை விரட்டவும் முடியாது. விழுப்புரம் அரிசி ஆலைகளில் நெல் புழுங்க நீராவி வேண்டும், எரிக்க உமி ஆலையிலேயே கிடக்கிறது. சர்க்கரை ஆலையில் கரும்புச் சக்கை. நீராவி அளவுக்குச் சூடு ஏற்றுவது வீட்டு ரக ஹீட் பம்ப்பின் வேலை இல்லை. இதே மாவட்டத்து ஆரோவில்லில் சோலார் கிச்சன் மேல் 15 மீட்டர் அகலக் கண்ணாடிக் கிண்ணம் வைத்து வெயிலிலிருந்தே நீராவி எடுத்துச் சமைக்க வழி செய்திருக்கிறார்கள். அங்கேயும் மேகமூட்ட நாளுக்குத் துணையாக ஒரு பாய்லர் இருக்கிறது.

எதை வாங்கினாலும் இரண்டு விஷயத்தில் கஞ்சத்தனம் கூடாது. கேஸ் கீசரைக் குளியலறைக்குள் மாட்டவே கூடாது. கதவைச் சாத்திக் குளிக்கும்போது சேரும் கார்பன் மோனாக்சைடுக்கு வாசனை இல்லை, மயக்கம் வரும்வரை தெரியாது. பக்கெட்டில் போடும் ஹீட்டர் ராடு இருக்கும் வீட்டில், மின்கசிவு வந்தால் உடனே லைனைத் துண்டிக்கும் ஆர்.சி.சி.பி. கட்டாயம் வேண்டும்.

விடுதிக்கோ லாட்ஜுக்கோ ஹீட் பம்ப் போடுகிறவர்கள் மெஷினைத் தரையில் வைக்க வேண்டாம். 2024 ஃபெஞ்சல் புயலில் மயிலத்தில் ஒரே நாளில் 51 சென்டிமீட்டர் மழை கொட்டியது. மொட்டை மாடியில் காற்றோட்டமான இடம்தான் சரி. வீடு கட்டுகிறவர்கள் மொட்டை மாடியிலிருந்து குளியலறை வரை சூடு ஆறாத வெந்நீர்க் குழாயும், மாடியில் ஒரு 16 ஆம்பியர் லைனும் இப்போதே இழுத்து வைத்துவிடலாம். சுவர் பூசுவதற்கு முன் அதற்கு ஆகிற செலவு கொஞ்சம்தான். மெஷின் விலை இறங்கும்போது மாட்டிக்கொள்ளலாம்.